வட்டிக்குப் போன மாலைகள்

மாலை ஐந்து மணி நெருங்கினால் நீலம்பூர் அடுக்ககத்தில் எல்லாருக்கும் ஒரே அவசரம். அடுப்பை அணைப்பார்கள். பால்கனித் துணிகளை வாரி உள்ளே போடுவார்கள். லிஃப்டில் பேசிக்கொண்டு வந்தவர்கள் பேச்சைப் பாதியில் விட்டுவிட்டு அவரவர் கதவை நோக்கி ஓடுவார்கள். தவணைக்குத் தாமதமாக உட்கார்ந்தால் அபராதம் உண்டு.

சுடர்க்கொடியும் அன்று அப்படித்தான் ஓடிவந்தாள். மோட்டார் பம்ப் தொழிற்சாலையில் தரச்சோதனைப் பிரிவு அவளுக்கு. கம்பெனி பஸ் சூலூர்த் திருப்பத்தில் மாட்டிக்கொண்டதால் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு வந்திருந்தாள். கணவன் முகிலரசு தன் நாற்காலியில் ஏற்கெனவே சாய்ந்திருந்தான். மகள் நறுமுகை சமையல் மேடையில் ஏறி உட்கார்ந்து முறுக்கு தின்றுகொண்டிருந்தாள். அன்று அவளுக்குப் பதினெட்டாவது பிறந்தநாள்.

"கேக்கு வெட்டிட்டு உக்காருறியாம்மா?"

"நேரமில்ல சாமி. ஒம்பது மணிக்கு வெட்டிக்கலாம்."

"சரி, போய் உக்காரு" என்றாள் நறுமுகை. அதில் வருத்தம் ஒன்றும் தெரியவில்லை. பிறந்ததிலிருந்து எல்லா மாலையும் இப்படித்தான்.

சுடர்க்கொடி நாற்காலியில் சாய்ந்து நினைவுப்பட்டையைக் கழுத்தில் சுற்றினாள். பிடரியில் சில்லென்று ஒரு தொடுகை. கண்ணை மூடித் திறந்த மாதிரி இருந்தது, ஆனால் சுவர்க் கடிகாரத்தில் மணி ஒன்பது. வாய் உலர்ந்திருந்தது. ஜன்னலுக்கு வெளியே வெளிச்சம் போயிருந்தது. நடுவில் தூக்கமும் இல்லை, கனவும் இல்லை. அந்த நான்கு மணி நேரம் அவளுடையதே அல்ல.

வீடு வாங்க யாரும் பணம் கொடுக்கிற காலம் அது இல்லை. எந்தச் சம்பளமும் எட்டாத உயரத்துக்கு விலை போன பிறகு, வீட்டு நிதியகங்கள் வேறொன்றை வாங்கத் தொடங்கின. கணினி சர்வர்களால் தனியே தீர்மானிக்க முடியாத கணக்குகளுக்கு மனித மூளை தேவைப்பட்டது. கடன் வாங்கியவர் தினமும் நான்கு மணி நேரம் தன் மூளையைக் கொடுக்க வேண்டும். உடம்பு நாற்காலியில் கிடக்கும். மூச்சு விடும், கண் திறந்திருக்கும், வாயில் தண்ணீர் ஊற்றினால் விழுங்கும். மூளை எங்கோ யாருக்கோ வேலை செய்யும். மூளைத்தவணை என்று இதற்குப் பெயர் வைத்தார்கள். உடம்பு நோகாமல் சொந்த வீடு என்று விளம்பரம் செய்தார்கள். சுடர்க்கொடியும் முகிலரசுவும் கையெழுத்துப் போட்டபோது அவளுக்கு இருபத்தேழு வயது.

கேக்கை வெட்டினார்கள். முதல் துண்டை நறுமுகை அப்பாவுக்கு ஊட்டும்போது சுவர்பேசி இனிய குரலில் கூப்பிட்டது.

"நறுமுகை அவர்களே! நிழற்குடை வீட்டு நிதியகத்தின் பிறந்தநாள் வாழ்த்துகள். கூட்டுக் கடனாளராக இணைந்ததற்கு நன்றி. உங்கள் முதல் தவணை அடுத்த மாதம் முதல் தேதி. உங்களுக்கான நாற்காலி இரண்டு நாளில் வந்து சேரும்."

சுடர்க்கொடி கத்தியைக் கீழே வைத்தாள். "என்னது இது?"

நறுமுகை அப்பாவைப் பார்த்தாள். முகிலரசு கேக்கைப் பார்த்தான்.

"ஏனுங்க, உங்களத்தான் கேக்கறேன். என்னது இது?"

"மத்தியானம் நானும் இவளும் போய்க் கையெழுத்துப் போட்டுட்டு வந்தோம்" என்றான் முகிலரசு. "உங்கிட்டச் சொன்னா விட மாட்டேன்னு தெரியும்."

"விட மாட்டேன்னு தெரிஞ்சுதான் போனீங்களா?"

"எனக்கு முடியல சுடர்." அவன் குரல் உடைந்தது. "கிளாசுல பசங்க பேரு மறந்துபோவுது. நேத்து கரும்பலகை முன்னாடி நின்னுட்டு, என்ன பாடம் நடத்த வந்தேன்னே தெரியாம நின்னேன். அடுத்த மாசத்துல இருந்து நம்ம ரெண்டு பேருக்கும் அஞ்சு மணி நேரம் ஆக்கப் போறாங்களாம். இவ சேந்தா மூணாக் குறையும்னு சொன்னாங்க."

"அப்பாவத் திட்டாதம்மா" என்றாள் நறுமுகை. "என் கிளாசுல பாதிப் பேரு சேந்துட்டாங்க. எல்லாரும் பண்றதுதானே?"

அந்தக் கடைசி வார்த்தைதான் சுடர்க்கொடியின் நெஞ்சில் தீயை வைத்தது. பதினெட்டு வயதுப் பெண் தன் மாலைகளைக் கொடுப்பதை, பஸ் பாஸ் எடுப்பது போலச் சொல்கிறாள்.

மறுநாள் லீவு சொல்லிவிட்டு அவிநாசி சாலையில் இருந்த நிதியகக் கிளைக்குப் போனாள். கிளை மேலாளர் மேகவர்ணா முப்பது வயதுக்காரி. சிரித்த முகம். உட்காரச் சொன்னாள், இளநீர் வரவழைத்தாள். சுடர்க்கொடி இளநீரைத் தள்ளி வைத்தாள்.

"என்ர மக பேர எடுக்கோணும். அதுக்கு முன்னாடி எனக்கு முழுக் கணக்குத் தெரியோணும். மாசம் எவ்வளவுங்கறது எனக்கே தெரியும். மொத்தம் எவ்வளவு?"

"மொத்தம்னு பாத்தா சில சமயம் குழப்பமா இருக்குங்க மேடம். மாசத் தவணையப் பாத்தீங்கன்னா..."

"அன்னைக்குக் கையெழுத்து வாங்குனவரும் இதையேதான் சொன்னாரு. தெனமும் நாலு மணி நேரம், அதை மட்டும் பாருங்கன்னாரு. பத்தொம்பது வருசமா அதை மட்டும்தான் பாத்தேன். இப்பச் சொல்லுங்க. அந்த வீட்டோட விலை என்ன?"

மேகவர்ணா மேசைத்திரையைத் தடவினாள். "நீங்க ரெண்டு பேரும் தெனம் நாலு மணி நேரம் உக்காந்தா, ஒம்பது வருசம்."

"நாங்க உக்காந்து பத்தொம்பது வருசமாச்சு."

"அதுல முன்னாடி வருசங்கள் எல்லாம் வட்டிக்குப் போயிடுங்க. எல்லாக் கடன்லயும் அப்படித்தான். வட்டி முதல்ல, அசல் அப்புறம்."

"அப்ப அந்த வருசமெல்லாம் நாங்க வீட்டுக்காக உக்காரலையா?"

"வீட்டுக்காகத்தான். ஆனா வீட்டோட விலையில அது கழியல." அவள் இன்னும் சிரித்துக்கொண்டுதான் இருந்தாள். "அப்புறம் பிரசவத்துக்கு ஆறு மாசம் விடுப்பு எடுத்திருக்கீங்க. வெள்ளத்தப்ப கரண்ட் இல்லாம ரெண்டு மாசம். அந்த நேரமெல்லாம் அசல்ல சேந்து, அதுக்கும் வட்டி ஏறியிருக்கு."

"விடுப்பு குடுத்தது நீங்க. தாய்மைச் சலுகைன்னு பூங்கொத்து அனுப்புனீங்க."

"சலுகைதாங்க. அபராதம் போடலையே."

சுடர்க்கொடி மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். "மேல சொல்லுங்க."

"நாப்பது வயசுக்கு மேல மூளையோட வேகம் கொஞ்சம் குறையும். அதனால உங்க மணிமதிப்பக் குறைச்சிருக்கோம். நீங்க உக்காருற ஒரு மணி நேரம் இப்ப கணக்குல முக்கால் மணிதான்."

"வேகம் எதனால குறைஞ்சுது? தெனமும் நாலு மணி நேரம் நீங்க போட்டு ஓட்டுனீங்களே, அதனாலயா? என் வீட்டுக்காரருக்குப் பசங்க பேரு மறந்துபோவுதுங்க. அவரத் தேய்ச்சது நீங்க. தேஞ்சு போனதுக்கு வெலை கொறைக்கறதும் நீங்களா?"

 முதல் தடவையாக மேகவர்ணாவின் சிரிப்பு நின்றது.

"அசல்ல பாக்கி எவ்வளவு?"

"ஏழு வருசம்."

ஒன்பதில் ஏழு. பத்தொன்பது ஆண்டு மாலைகளைக் கொட்டி, வீட்டின் விலையில் கழிந்தது இரண்டே இரண்டு. வரவேற்பறையும் ஒரு பால்கனியும்கூடத் தேறாது என்று அவளுக்குத் தோன்றியது.

"எப்ப முடியும்?"

"உங்க பொண்ணு சேந்ததால உங்க அறுபத்தெட்டாவது வயசுல முடிஞ்சிருங்க."

"அவ சேராட்டி?"

மேலாளர் திரையை அவள் பக்கம் திருப்பாமல், தாழ்ந்த குரலில் சொன்னாள். "எம்பத்தொண்ணு."

 சுடர்க்கொடி எழுந்து நின்றாள். "நீங்க எத்தன மணி நேரம் உக்காருறீங்க?"

"ஊழியர்களுக்கு வேற திட்டம் இருக்குங்க. நாங்க பணமாக் கட்டலாம்."

"ஏன்? உங்க மூளை வேணாமா அவங்களுக்கு?"

"மேடம், கத்தாதீங்க. வெளிய ஆளுங்க இருக்காங்க."

"கேக்கட்டும்!" சுடர்க்கொடி கதவைத் திறந்தே வைத்தாள். வரிசையில் ஒரு இளம் ஜோடி உட்கார்ந்திருந்தது. அந்தப் பெண் கையில் அடுக்ககத்தின் வண்ணப்படம். "ஏம்மா, மொத்தம் எவ்வளவுன்னு கேட்டியா? மாசத்துக்கு எவ்வளவுன்னு கேக்காத, மொத்தத்தக் கேளு! ஒம்பது வருச வீட்டுக்கு நான் எம்பத்தோரு வயசு வரைக்கும் உக்காரோணுமாம்!"

அந்தப் பெண் மிரண்டு கணவன் கையைப் பிடித்தாள். அவன், "பைத்தியம் போல, நீ பாக்காத" என்று அவளைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டான். காவலாளி எழுந்து வந்தான். மேகவர்ணா அவனைக் கையமர்த்திவிட்டுக் கதவைச் சாத்தினாள்.

"உங்க பொண்ணு பேர எடுக்க ஒரே வழிதான் இருக்கு" என்றாள். குரலில் பழைய இனிப்பு இல்லை. "பத்து நாளைக்குள்ள வீட்ட ஒப்படைச்சுக் கணக்க மூடிடணும். வீடு ஏலத்துக்குப் போகும். அசலுக்குச் சரியாப் போயிடும். அதுக்கு மேல உங்ககிட்ட எதுவும் கேக்க மாட்டோம்."

"வீட்டோட விலை இப்ப மூணு பங்கு ஏறியிருக்கே. மிச்சம்?"

"அது நிதியகத்துக்கு. கடைசி மணி நேரம் முடியற வரைக்கும் வீடு எங்க பேர்லதாங்க இருக்கு."

"அப்ப பத்தொம்பது வருசமா நான் குடக்கூலிக்கு இருந்திருக்கேன்."

"அப்படியும் வெச்சுக்கலாங்க" என்றாள் மேகவர்ணா. ஏனோ அந்த ஒரு பதிலில்தான் கொஞ்சம் நேர்மை இருந்தது.

வீட்டை ஒப்படைக்கச் சம்மதித்து சுடர்க்கொடி அங்கேயே விரலைப் பதித்தாள். முகிலரசுவின் ஒப்புதல் வாங்க மூன்று நாள் ஆனது. முதல் நாள் கத்தினான். இரண்டாம் நாள் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள், பத்தொன்பது வருடம் போனதுதான் போனது, அதற்காகவாவது வீட்டைக் காப்பாற்ற வேண்டாமா என்று கேட்டான். "போனதக் காப்பாத்தறக்கு இவளையும் போடச் சொல்றீங்களா?" என்று அவள் கேட்டபோது, அவன் விரலை நீட்டினான்.

நறுமுகைதான் மன்னிக்கவில்லை. "என்னக் கேட்டியா? நான் பொறந்து வளந்த வீடு அது. எனக்காகன்னு மட்டும் சொல்லாத" என்றாள். அதன் பிறகு பேசுவதையே நிறுத்திவிட்டாள்.

வீட்டைக் காலி செய்த அன்று நிதியகத்து ஆட்கள் முதலில் நாற்காலிகளை எடுத்தார்கள். முகிலரசுவின் நாற்காலி போனபோது யாரும் ஒன்றும் சொல்லவில்லை. சுடர்க்கொடியின் நாற்காலியைத் தூக்கியதும் நறுமுகை உள்ளறையிலிருந்து ஓடிவந்து அதன் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டாள். விடவே இல்லை. "இத மட்டும் விட்டுட்டுப் போங்கண்ணா" என்று கேவிக் கேவி அழுதாள். ஆட்கள் திகைத்துப் போய் நின்றார்கள். சுடர்க்கொடிக்குக் கோபம்தான் வந்தது. தன்னைத் தின்ற நாற்காலிக்கா மகள் அழுகிறாள்? விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து அவளை இழுத்து வந்தாள்.

போத்தனூரில் இரண்டு அறை வாடகை வீடு. குடியேறிய மறுநாள் மாலை ஐந்து மணிக்கு மூவருக்கும் என்ன செய்வதென்று தெரியவில்லை. வெயில் இன்னும் இருந்தது. முகிலரசு ரயில் பார்க்கப் போகிறேன் என்று கிளம்பிவிட்டான். சுடர்க்கொடி டீ போட்டு மகளுக்கு எதிரில் வைத்தாள்.

"இத்தன வருசம் கழிச்சு உங்கூட உக்காந்திருக்கேன். ஏதாச்சும் பேசு சாமி."

"என்ன பேசறது?"

"எதையாவது. உனக்கு யாரப் புடிக்கும், எதுக்குப் பயம், ஒண்ணுமே எனக்குத் தெரியாது. நீ எங்கிட்ட எதுவுமே சொன்னதில்ல."

நறுமுகை நிமிர்ந்தாள். அவள் கண்களில் அம்மாவின் அதே கோபம் இருந்தது.

"எல்லாத்தையும் சொல்லியிருக்கேன். ஒண்ணு விடாமச் சொல்லியிருக்கேன்."

"எப்ப?"

"நீ நாக்காலில இருக்கறப்ப. தெனமும் உன் மடியில தலை வெச்சுப் படுத்துட்டுச் சொல்லுவேன். கண்ணத் தொறந்து பாத்துட்டே இருப்ப. திட்ட மாட்ட. ஆறாவதுல ஒரு மாஸ்டர் எங்கிட்டத் தப்பா நடந்துக்கிட்டான். அதையும் உங்கிட்டத்தான் சொன்னேன். நீ மூச்சு விட்டுட்டே இருந்த. அது போதும்னு இருந்துச்சு."

சுடர்க்கொடியின் கையிலிருந்த டம்ளர் சாய்ந்து டீ தரையில் ஓடியது. அவள் அதைப் பார்க்கவில்லை.  அவிநாசி சாலையில் அவள் கேட்டு வாங்கிய எந்தக் கணக்கிலும் இது இல்லை. முன்னாடி வருசங்கள் எல்லாம் வட்டிக்கு என்று மேகவர்ணா சொன்னாளே, அந்த வருசங்களில் ஒன்று. அன்றைக்கு அவள் மூளை எந்தக் கணக்கைத் தீர்த்துக்கொண்டிருந்தது? யாருக்காக?

"அவம் பேரென்ன?" என்றாள் கடைசியில். குரல் அவளுக்கே அடையாளம் தெரியவில்லை. "திரும்பச் சொல்லு சாமி. முதல்ல இருந்து சொல்லு. இப்பக் கேக்கறேன்."

நறுமுகை வாயெடுத்தாள். அம்மாவின் முகத்தைப் பார்த்தாள். அந்த முகத்தில் அடுத்தடுத்து ஏதேதோ துடித்தன. கண் கலங்கியது, உதடு அசைந்தது. அப்படி ஒரு முகத்திடம் பேசி அவளுக்குப் பழக்கமில்லை.

"வர மாட்டேங்குதும்மா" என்றாள். "நீ பாக்கறப்பச் சொல்ல வர மாட்டேங்குது. அந்தப் பக்கம் திரும்பிக்கறியா?"

சுடர்க்கொடி சுவர்ப்பக்கம் திரும்பி உட்கார்ந்தாள். முதுகில் மகளின் நெற்றி வந்து பதிந்தது. நறுமுகை சொல்லத் தொடங்கினாள். சுடர்க்கொடி மூச்சைச் சீராக விட்டபடி, மடியில் இரண்டு கைகளையும் நகம் உள்ளங்கையில் இறங்குமளவுக்கு இறுக்கிக்கொண்டு, திரும்பாமல் கேட்டுக்கொண்டிருந்தாள்.