பிளாஸ்திரி ஒட்டிய கடிகாரம்

காலை 10.20.

"மனத்தை அடக்கியவன் உடலை அடக்குவான்" என்ற வாக்கியத்தில் தலைவர் "உடலை" வரைக்கும் வந்துவிட்டார். மிச்சமிருந்த ஒரு சொல்லுக்கு மூச்சு இல்லை. ஒலிவாங்கியைக் கட்டிப்பிடித்தபடி மேடையில் சரிந்தார். எடைகுறைப்பு மன்றத்தின் உறுப்பினர்கள் நூற்றிருபது பேரும் அதுவும் உரையில் ஒரு பகுதி என்று நினைத்துக் கைதட்டினார்கள்.

அவருக்குப் பின்னால் அவருடைய பழைய கால்சட்டை கொடிபோல விரித்துத் தொங்கவிடப்பட்டிருந்தது. மூன்று வருடத்துக்கு முன் அதை நிரப்பிக்கொண்டு நடந்த மனிதர், சர்க்கரை நோயாளி, இருபத்திரண்டு கிலோ குறைந்து அதில் ஒரு காலுக்குள் அடங்கிவிடுவார். எப்படி என்று கேட்டவர்களுக்கெல்லாம் ஒரே பதில்தான்: விடியற்காலையில் ஐந்து கிலோமீட்டர் நடை, வீட்டில் ஓட்ஸ் கஞ்சி, மற்றதெல்லாம் மன உறுதி. இதை அவர் புத்தகமாகவும் போட்டிருந்தார். அட்டையில் அவர் படம், பின்னட்டையிலும் அவர் படம்.

காலை 11.40.

ஆஸ்பத்திரியில் இதய டாக்டர் ஸ்கேன் படத்தைப் பார்த்துவிட்டு, இரண்டு வால்வுகள் தடித்துப்போய்ச் சரியாக மூடவில்லை, ரத்தம் பின்னோக்கிக் கசிகிறது என்றார். போன வருடம் நன்றாக இருந்த இதயம் இது. "நீண்ட நாளா ஏதோ ஒண்ணு உள்ள போயிருக்கலாம்" என்று முணுமுணுத்தார்.

டாக்டர் வாயில் அது சந்தேகமாகத்தான் இருந்தது. பக்கத்தில் நின்ற இன்ஸ்பெக்டரின் காதுக்குள் போனதும் விஷமாகிவிட்டது. அவர் அங்கே சும்மா வரவில்லை. மன்றத்தின் கௌரவ உறுப்பினர். நான்கு கிலோ குறைத்தவர், எட்டு கிலோ என்று எழுதிக் கொடுத்தவர்.

தலைவரோடு ஆம்புலன்சிலேயே வந்திருந்த குடும்ப டாக்டர் ஆளைச் சுட்டிக்காட்ட விரலைத் தயாராக வைத்திருந்தார். மூன்று வருடத்துக்கு முன்னால் அந்த வீட்டுக்குள் புதிதாக வந்தது ஒரே ஒரு ஆள்தான், தினமும் காலையில் கஞ்சி கொடுப்பதும் அதே ஆள்தான் என்று இன்ஸ்பெக்டரிடம் எடுத்துக் கொடுத்தார். மருமகள். மகன் கடல் நடுவே எண்ணெய்க் கிணற்றில் வேலை, கரைக்கு வர இன்னும் ஒரு மாதம். தட்டிக் கேட்க ஆள் இல்லாத மருமகளைவிட வசதியான குற்றவாளி யாருக்குக் கிடைக்கும்? இன்ஸ்பெக்டர் மீசையைத் தடவிக்கொண்டு, மாலை நான்கு மணிக்குப் பத்திரிகைக்காரர்களை வரச் சொல்லிவிட்டார்.

பிற்பகல் 12.30.

அந்த ஆஸ்பத்திரியின் மருந்தகத்தில் ஒரு வழக்கம் உண்டு. உள்ளே சேர்த்த நோயாளி யாராயிருந்தாலும், வீட்டில் இருக்கும் மருந்தையெல்லாம் ஒரு பையில் அள்ளிக் கொண்டுவர வேண்டும். மருந்தாளர் அம்மாள் அதை நீலத் தட்டில் கொட்டி, எண்ணி, பட்டியல் எழுதி வார்டுக்கு அனுப்புவாள். இருபது வருடமாக இதே வேலை. அதனால் எல்லோருக்கும் அவள் தட்டு அக்கா. பட்டியலை மேலே யாராவது படிக்கிறார்களா என்பது அவளுக்கே தெரியாது.

மருமகள் பையோடு வந்தாள். கூடவே ஒரு பெண் காவலரும் வந்தார்.

"கஞ்சிச் சட்டியை சீல் வச்சு எடுத்துட்டுப் போயிட்டாங்க அக்கா" என்றாள் மருமகள், வேறெதுவும் கேட்பதற்கு முன்பே. "எங்க அம்மா கொடுத்த சட்டி."

தட்டு அக்கா பையைக் கவிழ்த்தாள். சர்க்கரை மாத்திரை, ரத்த அழுத்த மாத்திரை எல்லாம் கத்திரிக்கோலால் வெட்டிய அட்டைத் துண்டுகளாக விழுந்தன. கடைசியாக ஒரு பழுப்பு நிறப் பாட்டில். அதற்குள் உதிரியாக வெள்ளை மாத்திரைகள், பெயரோ முத்திரையோ இல்லாமல். மேலே ஒட்டிய தாளில் "வைட்டமின்" என்று அழகாக எழுதியிருந்தது. படிக்க முடிகிற டாக்டர் கையெழுத்தைத் தன் அனுபவத்தில் முதல்முறையாகப் பார்த்தாள் அவள்.

மாத்திரைகளை எண்ணிக் கரண்டியால் ஒதுக்கினாள். இருபத்தொன்று. காலித் தட்டில் கடுகளவு வெள்ளித்தாள் துணுக்குகள் இரண்டு மின்னின. அவற்றைப் பட்டியல் தாளின் ஓரத்தில் டேப் போட்டு ஒட்டிவைத்தாள்.

அந்தப் பாட்டிலைப் பற்றிக் கேட்டபோது, அது குடும்ப டாக்டர் மாதாமாதம் கொடுப்பது, மாமா அதை யாரையும் தொட விடமாட்டார், எழுந்ததும் முதல் வேலை அதுதான் என்று மருமகள் சொன்னாள். நடைப்பயிற்சி பற்றிக் கேட்டதும் தயங்கினாள். கதவருகே நின்ற காவலரை ஒருமுறை பார்த்துக்கொண்டாள்.

"சொல்லும்மா. இங்க சொல்றது தட்டோட போயிடும்."

"மூணு வருஷமா அதே ஷூ அக்கா. அடி தேயவே இல்ல. சட்டைப் பையில மட்டும் தினமும் பன் துகள் இருக்கும். உதறிட்டுத் துவைச்சிடுவேன்."

தலைவர் நடக்கப் போவதாகச் சொல்லும் பூங்காவுக்கு எதிரே ஒரு பேக்கரி உண்டு. காலை ஐந்தரைக்குத் திறக்கும். வெண்ணெய் தடவிய பன்னுக்குப் பேர் போன கடை.

"இதை ஏன் போலீஸ்ல சொல்லல?"

"என்னன்னு சொல்ல? மாமா நடக்கல, பன் தின்னாருன்னா? அவரே மூச்சுக்குத் திண்டாடுறாரு. அவர் மானத்தையும் நானே வாங்கணுமா?"

ஜெயிலுக்குப் போகும் வழியில் நின்றுகொண்டு மாமனாரின் பன்னைக் காப்பாற்றுகிறவள் விஷம் வைப்பாளா என்று தட்டு அக்கா தன்னையே கேட்டுக்கொண்டாள். ஆனால் நான்கு மணிக் கூட்டத்தில் இந்தக் கேள்வி எடுபடாது. வேறு ஏதாவது வேண்டும்.

மேலே போய்த் தலைவரைப் பார்த்தாள். ஆக்சிஜன் முகமூடிக்குள் மூச்சு வாங்கிக்கொண்டு, நினைவோடுதான் இருந்தார். மருமகளைப் போலீஸ் விசாரிக்கிறது என்றாள். கண் விரிந்தது. அந்த வைட்டமின் போட்டால் பசி எடுக்குமா, எடுக்காதா என்று கேட்டாள். உடனே கண்ணை மூடிக்கொண்டார். கண்ணை மூடிக்கொள்வது பதில் ஆகாது என்று நினைக்கிறவர்களில் அவரும் ஒருவர்.

பிற்பகல் 1.45.

குடும்ப டாக்டரின் கிளினிக் இரண்டு தெரு தள்ளி. நர்ஸ் ஒரு நோயாளிக்கு மாத்திரை அட்டையைக் கத்திரிக்கோலால் வெட்டிக்கொண்டிருந்தாள். வெட்டவே வரவில்லை. வலது கட்டைவிரலில் பிளாஸ்திரி, இடது கட்டைவிரலிலும் பிளாஸ்திரி. சமையலில் வெட்டிக்கொண்டதா என்று தட்டு அக்கா கேட்டாள். நர்ஸ் உள் அறையைப் பார்த்துவிட்டு, ஆமாம் என்று மென்று விழுங்கினாள். இரண்டு கையிலும் கத்தி பிடித்துக் காய் நறுக்குகிறவளைத் தட்டு அக்கா அதுவரை பார்த்ததில்லை.

உள்ளே மேசைக்கு மேல் பெரிய கடிகாரம். அதன் முகத்தின் நடுவில் குறுக்காக அகலப் பிளாஸ்திரி. பேனாத் தாங்கியிலும் பிளாஸ்திரி, எடை பார்க்கும் இயந்திரத்திலும் பிளாஸ்திரி. அறையிலுள்ள சாமான்களெல்லாம் ஒரே விபத்தில் அடிபட்டது மாதிரி இருந்தது. பக்கத்தில், பனிமலையில் கழுத்தில் மாலையோடு டாக்டர் நிற்கும் படம்.

ஆலோசனைக்குத்தான் வந்திருக்கிறாள் என்று நினைத்த டாக்டர், இருபது நிமிடம் தன்னைப் பற்றிப் பேசினார். நடுவில் மூச்சு விட்ட இடத்தில் அவள் வைட்டமின் பற்றிக் கேட்டாள்.

"அது என்னோட தனித் தேர்வு. வெளிநாட்டுச் சரக்கு. பெரிய டப்பாவுல உதிரியா வரும், நர்ஸ் அள்ளிப் போட்டுக் கொடுப்பா. தலைவருக்கு மூணு வருஷமா கொடுக்கறேன், ஒரு குறை சொன்னதில்ல" என்றார்.

"டப்பாவுலயே உதிரியா வருதா டாக்டர்?"

"உதிரியாத்தான்."

தட்டு அக்கா நன்றி சொல்லிவிட்டு வெளியே வந்து, இன்ஸ்பெக்டருக்குப் போன் செய்தாள். கூட்டத்துக்கு முன்னால் கிளினிக்குக்கு வந்தால் பத்திரிகையில் படம் பெரியதாக வரும் என்றாள். அந்த ஒரு வாக்கியம் போதுமானதாக இருந்தது.

பிற்பகல் 3.15.

இன்ஸ்பெக்டர் புதுச் சட்டையில் வந்தார். ஜீப்பிலிருந்த மருமகளையும் இறக்கிக் கூட்டிவந்தார். குற்றவாளியைக் கையோடு வைத்துக்கொள்வது அவருக்குப் பிடிக்கும்.

தட்டு அக்கா முதலில் ஷூவைப் பற்றியும் பன்னைப் பற்றியும் சொன்னாள். மருமகள் தலையைக் குனிந்துகொண்டாள். கௌரவ உறுப்பினரான இன்ஸ்பெக்டர் ஆடிப்போனார். அவரும் மூன்று வருடமாகப் பன்னைத் தியாகம் செய்தவர்.

"நடக்கல, தினமும் வெண்ணெய் பன், இருந்தும் இருபத்திரண்டு கிலோ குறைஞ்சிருக்கு. அப்ப கஞ்சியில எதைத் தேடறீங்க சார்? எடையைக் குறைச்சது எதுன்னு தேடுங்க. வால்வைக் கெடுத்ததும் அதுதான்."

பிறகு பட்டியல் தாளை நீட்டி, ஓரத்தில் ஒட்டியிருந்த துணுக்குகளைக் காட்டினாள். இது மாத்திரை அட்டையின் பின்பக்க வெள்ளித்தாள். டப்பாவில் உதிரியாக வருகிற மாத்திரைக்கு வெள்ளித்தாள் எங்கிருந்து வரும்? இந்த கிளினிக்கில் எல்லா மாத்திரையும் அட்டையோடுதான் போகிறது. ஒன்றை மட்டும் யாரோ உட்கார்ந்து, அட்டையிலிருந்து ஒவ்வொன்றாகப் பிதுக்கி எடுத்திருக்கிறார்கள், இரண்டு கட்டைவிரலும் புண்ணாகிற அளவுக்கு. அட்டையில் இருப்பது மாத்திரையின் பெயரும் காலாவதித் தேதியும். அந்த இரண்டையும் மறைக்கத்தான் இவ்வளவு பாடு.

நர்ஸ் தன் கைகளை முதுகுக்குப் பின்னால் மறைத்தாள். அதைவிடத் தெளிவாக யாரும் வாக்குமூலம் கொடுக்க முடியாது.

"வெறும் கற்பனை. நான் முப்பது வருஷ அனுபவம் உள்ளவன்" என்றார் டாக்டர்.

தட்டு அக்கா நாற்காலியில் ஏறி, கடிகாரத்தின் பிளாஸ்திரியை ஓரத்திலிருந்து உரித்தாள். கீழே பளபளப்பு மங்காத எழுத்து: "சர்க்கரையும் குறையும், சதையும் குறையும்." அதற்குக் கீழே மருந்தின் பெயர். ஊர் முழுக்க அதை ஒல்லி மாத்திரை என்றுதான் சொல்வார்கள். சர்க்கரை நோய்க்கென்று வந்து, இளைக்க விரும்பியவர்கள் எல்லோர் பையிலும் புகுந்த மாத்திரை. இதய வால்வுகளைத் தடிக்க வைக்கிறது என்று தெரிந்து, ஐந்து வருடத்துக்கு முன்னால் கடைகளிலிருந்து திரும்பப் பெறப்பட்டது. பெயரை மறைக்கத் தோன்றிய டாக்டருக்கு, மருந்துக் கம்பெனி ஓசியில் கொடுத்த கடிகாரத்தைத் தூக்கிப் போட மனம் வரவில்லை.

"சுற்றறிக்கை வந்த அன்னைக்கு எங்க அலமாரியைக் காலி பண்ணி சீல் வச்சது நான்தான்" என்றாள் தட்டு அக்கா. நாற்காலியிலிருந்து இறங்கும்போது குரல் கொஞ்சம் இறங்கியது. "அதுக்கு முன்னாடி ஆறு வருஷம், சாப்பிட்டதும் போடுங்கன்னு சொல்லி எடுத்துக் கொடுத்ததும் நான்தான். அப்ப எனக்குத் தெரியாது. உங்களுக்குத் தெரிஞ்சப்புறமும் கொடுத்திருக்கீங்க டாக்டர்."

காற்றுப் போன பலூன்போல டாக்டர் நாற்காலியில் இறங்கினார்.

அந்த மருந்தைப் பற்றி மேடை மேடையாகப் பேசியவர் அவர். அதிகமாக எழுதிக் கொடுத்ததற்காகத்தான் பனிமலைப் பயணமும் மாலையும். நிறுத்தியது பொறாமைக்காரர்கள் வேலை என்று இன்றுவரை நம்புகிறார்.

"ஒரே ஒரு ஆளு நல்லா இருந்து காட்டியிருந்தா போதும். அடுத்த மாநாட்டுல தலைவரை நிக்க வச்சு, நான் சொன்னது சரின்னு காட்டியிருப்பேன்" என்றார்.

"இன்னைக்கு மேடையில நிக்கத்தானே முடியல மாமாவுக்கு" என்றாள் மருமகள். அன்றைக்கு அவள் குரல் முதல்முறையாக உயர்ந்தது.

நர்ஸ் யாரும் கேட்காமலே சாவியை எடுத்து வந்து பின்னறையைத் திறந்தாள். கூரை வரைக்கும் மாதிரிப் பெட்டிகள், இரண்டு சாக்கு நிறையக் காலி அட்டைகள். எத்தனை பேருக்குப் போகிறது என்று தட்டு அக்கா கேட்டாள். மாதம் பதினொரு பாட்டில் என்று சொன்ன நர்ஸ், பதினொரு பெயரையும் மனப்பாடமாக ஒப்பித்தாள். சொல்லி முடித்ததும் சுவரில் சாய்ந்து நீளமாக மூச்சு விட்டாள்.

இன்ஸ்பெக்டர் வெகுநேரம் யோசித்தார்.

"அப்போ கஞ்சி?"

"நல்ல கஞ்சி சார். சட்டியைத் திருப்பிக் கொடுத்துடுங்க."

மாலை 4.00.

மருமகளை முதலிலிருந்தே தான் சந்தேகிக்கவில்லை என்றும், கஞ்சிச் சட்டியைக் கைப்பற்றியது உண்மைக் குற்றவாளியை ஏமாற்றுவதற்கான உத்தி என்றும் இன்ஸ்பெக்டர் பத்திரிகைக்காரர்களிடம் விளக்கினார். தட்டு அக்கா குறுக்கே பேசவில்லை. பெருமையை அவருக்கே விட்டுக்கொடுக்க ஒரே நிபந்தனை போட்டிருந்தாள்: பேச ஆரம்பிக்கும் முன் அவள் எழுதிய தாளைப் படிக்க வேண்டும். பழுப்பு பாட்டில் வைத்திருப்பவர்கள் மட்டுமில்லை, எப்போதாவது ஒல்லி மாத்திரை சாப்பிட்டவர்கள் எல்லோரும் இதய ஸ்கேனுக்கு வர வேண்டும் என்பது அந்தத் தாள். அவர் அதைக் கணீரென்று, இரண்டு முறை படித்தார். கேமரா இரண்டு இருந்தது.

மாலை 4.50.

காரணம் தெரிந்ததில் இதய டாக்டருக்கு முகம் தெளிந்திருந்தது. மாத்திரையை நிறுத்தினால் இதற்கு மேல் கெடாது, ஒரு வால்வை மருந்தில் சமாளிக்கலாம், மற்றதை ஆபரேஷனில் சரிசெய்துவிடலாம், இன்னும் ஆறு மாதம் போயிருந்தால் கஷ்டம் என்றார். பதினொரு பேரில் ஏழு பேர் அதற்குள் வந்து வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். ஒருவர் பாட்டிலோடு வந்திருந்தார். தட்டு அக்கா அதை வாங்கிக்கொண்டாள். தன் கையால் கொடுத்த ஆறு வருடத்துப் பெயர்கள் பழைய பதிவேட்டில் இருந்தன. நாளைக் காலையிலிருந்து ஒவ்வொருவருக்காகப் போன் செய்ய வேண்டும். அந்த நினைப்பே தோளிலிருந்து எதையோ இறக்கியது.

தலைவருக்கு முகமூடியைக் கழற்றியிருந்தார்கள். மருமகளைப் பார்த்தார். பிறகு கூரையைப் பார்த்தார்.

"அது வெறும் வைட்டமின் இல்லன்னு எனக்குத் தோணிட்டுத்தான் இருந்துச்சும்மா. கேட்டா நிறுத்திடுவாரோன்னு கேக்கல." பிறகு, இன்னும் மெல்லிய குரலில், "பன் விஷயம் பேப்பர்ல வருமா?"

மருமகள்தான் முதலில் சிரித்தாள். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தாள். "நான் சொல்லல மாமா. உங்க சட்டைப் பைதான் சொல்லிடுச்சு."

வெளியே பெண் காவலர் சட்டியோடு நின்றார். சீல் அப்படியே இருந்தது. பெற்றுக்கொண்டேன் என்று கையெழுத்துப் போட்டுவிட்டு மருமகள் அரக்கை நகத்தால் பெயர்த்தாள்.

"அக்கா, நாளைக்கு மாமாவுக்குக் கஞ்சி கொடுக்கலாமா?"

"தாராளமா கொடு" என்றாள் தட்டு அக்கா. "போற வழியில அந்த பேக்கரியில நீ ஒரு பன் சாப்பிட்டுட்டுப் போ. மூணு வருஷமா துகளை மட்டும்தானே பார்த்திருக்க."