பன்னிரண்டாம் நாள்

என் பெயர் செல்வின். தகப்பனார் சந்தியாகு, காலமானவர். வயது இருபத்தாறு. சொந்த ஊர் தூத்துக்குடி. இப்போது இருப்பது நிலவின் தென்முனையில், ஏழாம் பனிச்சுரங்கத்தில். மேல்முறையீடு பிந்தியதை மன்னிக்கக் கேட்கும் மனுவுக்கான வாக்குமூலம் இது. கையால் தட்ட முடியாததால் குரலால் எழுதுகிறேன். ஏன் முடியாது என்பதும் இதில் வரும்.

வீட்டு வழக்கில் சித்தப்பா பக்கம் தீர்ப்பானது. முப்பது நாளுக்குள் மேல்முறையீடு செய்திருக்க வேண்டும். நாங்கள் பதினெட்டு நாள் பிந்திவிட்டோம். மன்னிப்புக் கிடைக்காவிட்டால் அக்கா ஜெனோவாவும் அவள் கைக்குழந்தையும் வீட்டைக் காலி செய்ய வேண்டும்.

எங்கள் வக்கீல் சண்முகவடிவு அம்மா முதல் பேச்சிலேயே சொல்லிவிட்டார்: “முன்னாடியெல்லாம் மனுதாரருக்கு மஞ்சக்காமாலை, படுத்த படுக்கைன்னு ஒரு வரி எழுதுனா போதும் தம்பி. காமாலை வராத மனுதாரரே கெடையாது. இப்ப இந்தப் பெட்டி வந்து எல்லாரையும் கொணமாக்கிட்டு.”

பெட்டி என்று அவர் சொன்னது நாள்சாட்சியை. பள்ளிக்கூடத்தில் விடுப்புக் கேட்கக்கூட இப்போது அதுதான். பிந்திய ஒவ்வொரு நாளுக்கும் அதனிடம் காரணம் சொல்ல வேண்டும். தொலைபேசிப் பதிவையும் மணிக்கட்டுப் பட்டையில் பதிந்த நாடித்துடிப்பையும் குரலையும் அது ஒத்துப்பார்க்கும். உண்மையென்றால் அந்த நாளுக்கு வெள்ளைப் புள்ளி, இல்லையென்றால் கறுப்பு. காரணம் பெரியதா சிறியதா என்று அது பார்ப்பதில்லை. ஒரே ஒரு கறுப்பு இருந்தாலும் மனு தள்ளுபடி.

முதல் பதினோரு நாளுக்கு அக்கா காரணம் சொன்னாள். பங்குச்சாமியார் சித்தப்பாவிடம் பேசி முடித்துவிடுவார் என்று அவளும் அப்பாவும் காத்திருந்தார்களாம். வழக்குத் தோற்றதை என்னிடம் சொல்லவில்லை. வீடு என் பெயரில் இருக்கிறது, என் குரலொப்பம் இல்லாமல் மேல்முறையீடே இல்லை என்று தெரிந்தும் சொல்லவில்லை. “அங்க மூச்சுக் காத்தே கொழாய்ல வருது. இதச் சொன்னா அவன் தாங்கமாட்டான்” என்று பெட்டியிடம் சொல்லியிருக்கிறாள். பதினொன்றும் வெள்ளை.

பதின்மூன்றாம் நாள் அப்பா மாரடைப்பில் இறந்தார். அடக்கம் முடிந்து மூன்று நாள் கழித்துத்தான் அக்கா எனக்குச் சொன்னாள். வந்து சேர முடியாதவனிடம் எதற்கு முதலிலேயே சொல்லுவது என்று இருந்துவிட்டாள். தீர்ப்பையும் அதே அழைப்பில் சொன்னாள். பதினெட்டாம் நாள் ஒப்பம் கொடுத்தேன். அந்த ஆறு நாளும் வெள்ளை.

மிச்சம் பன்னிரண்டாம் நாள்.

அன்று அப்பா என்னிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடுவது என்று முடிவெடுத்து, காலையிலிருந்து ஏழு தடவை அழைத்தார்.

“லைன் கெடைக்கலலே. அதுலதான் அவருக்கு மனசு ஒடஞ்சிட்டு. யாரு மேலயும் குத்தமில்ல” என்றாள் அக்கா. நானும் ஆமா என்றேன், சூரியப்புயல் அடித்தது என்றேன். அவள் அதை நம்பி அப்படியே பெட்டியிடம் சொன்னாள். கறுப்பு விழுந்தது. நிலாவைப் பற்றி இதற்கு என்ன தெரியும் என்று பெட்டியைத்தான் திட்டினாள். வக்கீல் அம்மா திட்டவில்லை. என்னைத் தனியாக அழைத்து, “அந்த நாள் ஒங்க நாளு தம்பி. மனு போடுறதுக்குள்ள மாத்திச் சொல்லலாம். நீங்கதான் சொல்லணும்” என்றார்.

சொல்கிறேன். லைன் இருந்தது. ஏழு தடவையும் திரையில் அப்பாவின் பெயர் வந்து வந்து போவதைப் பார்த்துக்கொண்டு படுத்திருந்தேன். அதற்கு ஒரு மாதம் முன்பு பனி அறுக்கும் சக்கரத்தில் என் வலக்கை விரல்கள் போய்விட்டன. வீட்டில் சொல்லவில்லை. அக்காவுக்கு இன்றுவரை தெரியாது. என் முகத்தைப் பார்த்தால் அப்பா கண்டுபிடித்துவிடுவார். முகம் காட்டாமல் பேசலாம் என்றால் குரலும் சரியாக இல்லை. நாளைக்குப் பேசிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். எடுத்திருந்தால் அன்றைக்கே ஒப்பம் கொடுத்திருப்பேன். அப்பாவும் ஒருவேளை இருந்திருப்பார். தெரியவில்லை.

ஏழாவது அழைப்புக்குப் பிறகு ஒரு குரல்செய்தி வைத்திருந்தார். “வேலையா இருப்ப. ஒண்ணும் அவசரமில்லலே. பொறவு பேசுவோம். நேரத்துக்குச் சாப்பிடு.”

இதையெல்லாம் பெட்டியிடம் சொன்னேன். பன்னிரண்டாம் நாள் வெள்ளையானது. ஆதாரத்துக்காக அப்பாவின் செய்தியையும் கொடுத்தோம். பெட்டி அதையும் ஒத்துப்பார்த்தது. அவருடைய அன்றைய நாடி அதற்குத் தெரியும். ‘ஒண்ணும் அவசரமில்ல’ என்ற இடத்தில் ஒரு கறுப்புப் புள்ளி வைத்தது. அது மனுவைப் பாதிக்காது என்றார் வக்கீல் அம்மா.

இனி வீடு நிற்கும் என்கிறார்கள். ஆனால் வாக்குமூலத்தைக் கோர்ட்டு அமீனா ஒவ்வொரு கட்சிக்காரர் வீட்டுக்கும் போய் முழுக்க வாசித்துக் காட்ட வேண்டும் என்பது விதி. அக்காவும் கட்சிக்காரி. அவள் தாங்கமாட்டாள். இந்த ஒரு வரியை மட்டும் நான் பெட்டியிடம் சொல்லிப் பார்க்கவில்லை. வெள்ளை விழுமா என்று எனக்கே சந்தேகமாக இருக்கிறது.

ஆகவே, இதைக் கையில் வைத்திருப்பவர் யாராக இருந்தாலும், என் அக்கா வீட்டில் பன்னிரண்டாம் நாளை விட்டுவிட்டு வாசியுங்கள். அவள் கேட்டால், லைன் கிடைக்கவில்லை என்று சொல்லிவிடுங்கள்.