மைனஸ் முப்பத்தொன்றில் எடுத்த பேட்டி

காலை 10.15. ஊலு நகர வார இதழ் அலுவலகத்தில் கண்ணாடிப் பேழை திறந்து கிடந்தது. உள்ளே பென்சில் இருந்தது. அதோடு காட்சிக்கு வைத்திருந்த நோட்டுப் புத்தகத்தைக் காணோம்.

நிருபர் என்சியோவின் நோட்டு அது. முப்பத்து நான்கு வருடத்துக்கு முன், மைனஸ் முப்பத்தொரு டிகிரி குளிரில், காகித ஆலை வாசலில் நின்றபடியே அவர் எடுத்த பேட்டி அதில் இருந்தது. ஆலை விபத்தில் ஒரு தொழிலாளி செத்திருந்தான். 'வால்வை மூட மறந்தது நான்தான்' என்று தாவி என்ற மேஸ்திரி ஒப்புக்கொண்டதாக இதழில் வந்தது. தாவிக்கு வேலை போயிற்று, ஊரைவிட்டே போனார். என்சியோவுக்கு விருது கிடைத்தது.

இன்று ஒரு மணிக்கு என்சியோவின் பிரிவு உபசாரக் காபி. தாவியின் மகள் எய்லாவும் வருகிறாள். 'நான் அப்படிச் சொல்லவேயில்லை' என்று அப்பா சாகும்வரை சொன்னாராம். நோட்டைக் கையில் வாங்கிப் பார்க்க வேண்டுமென்று எழுதியிருந்தாள்.

விசாரணையில் இறங்கியவள் மைரே. இதழின் தகவல் சரிபார்ப்பாளர், லேசில் எதையும் நம்பாத ஆள். பேழைச் சாவி காபி மெஷின் பக்கத்து ஆணியில் தொங்கும்; யார் வேண்டுமானாலும் எடுக்கலாம்.

10.40. ஆசிரியர் சம்போ.

"எப்ப வந்தீங்க?"

"ஒன்பதுக்கு. அப்பவே காலி. துடைக்க எடுத்திருப்பாங்கன்னு நினைச்சேன்."

"பழசையெல்லாம் தூக்கிப் போடணும்னீங்களே?"

"சோபாவைச் சொன்னேன், மைரே."

"உங்களுக்கு முன்னாடி யாரு?"

"என்சியோ. மேஜையைக் காலி பண்ணிட்டிருந்தார்."

10.55. என்சியோ.

"எவனோ ஞாபகத்துக்குன்னு எடுத்திருப்பான். விடு."

"பென்சிலை விட்டுட்டா?"

அவர் மேஜை இழுப்பறையைச் சாத்தினார்.

11.20. மைரே பழைய ஆண்டுமலரை எடுத்தாள். அதில் நோட்டின் அந்தப் பேட்டிப் பக்கம் வண்ணப்படமாக இருந்தது. பெயர், தேதி, குளிர் எல்லாவற்றையும் அவளே சரிபார்த்துக் கையெழுத்துப் போட்டிருந்தாள். நீல நிறத்தில் நடுங்காத எழுத்து.

12.30. என்சியோவின் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள்.

"நான் வேலைக்குச் சேர்ந்த அன்னிக்கு என்கிட்ட என்ன குடுத்தீங்க?"

"பென்சில்."

"ஏன்?"

"கடுங்குளிர்ல பேனா மை உறைஞ்சிடும்."

"அப்ப வாசல்ல எடுத்த பேட்டி எப்படி நீல மையில இருக்கு? நோட்டை நீங்கதான் எடுத்தீங்க, என்சியோ."

அவர் கோட்டுக்குள்ளிருந்து நோட்டை எடுத்து வைத்தார்.

"அந்தாளு விபத்தைப் பத்தி வாயே திறக்கல. ரயிலுக்கு நேரமாச்சு. ஸ்டேஷன்ல உக்காந்து நானே எழுதினேன். தப்பு அவர் மேலதான்னு ஊரே பேசிட்டிருந்துச்சு."

"எரிச்சிருக்கலாமே?"

"அதுக்கு முந்தின பக்கத்தைப் பாரு."

மைரே புரட்டினாள். பென்சிலில், கோணல்மாணலாக ஒரே வரி. அவளுக்கு அவர்மேல் கோபம் வந்தது. தன்மேல் அதைவிட அதிகமாக வந்தது. இத்தனை வருடம் அந்தப் பொய்க்குத் தன் கையெழுத்தும் காவல் நின்றிருக்கிறது.

"எய்லாகிட்ட நான் சொல்லணுமா, நீங்க சொல்றீங்களா?"

1.00. ஏலக்காய் பன் தட்டைத் தாண்டி, எல்லோரும் பார்க்க, என்சியோ நேராக எய்லாவிடம் போனார். நோட்டை விரித்துக் கொடுத்தார்.

"நான் அச்சுல போட்டது பொய்ம்மா. உங்க அப்பா சொன்னது இது மட்டும்தான்."

எய்லா வாய்விட்டுப் படித்தாள். "'கை விறைச்சுப் போச்சே தம்பி. இந்தா, என் கையுறையைப் போட்டுக்கோ.'"

அவள் நோட்டை மெதுவாக மூடினாள்.

"அந்த வருஷம் கையுறையைத் தொலைச்சிட்டார்னு அம்மா அவரைத் திட்டினாங்க" என்றாள்.