இருபத்திரண்டு அங்குலம்

2025 ஜூன் 17, செவ்வாய்க்கிழமை, பிற்பகல் இரண்டு மணி பத்து நிமிடம். இடம்: பலாங்கொடைக்கு மேலே, மாவல்தென்ன தோட்டத்தின் ஒன்பதாம் இலக்க மலை. காற்றின் ஈரப்பதன் தொண்ணூற்றாறு வீதம். மலை சரியத் தொடங்கிவிட்டதா என்பதை லேசர் பொருத்திய ட்ரோனால் அளந்து, மாலை ஐந்து மணிக்குள் அறிக்கை அனுப்பவேண்டிய பொறுப்பு நில அளவையாளர் றமீலாவுடையது. மலையடியில், தொழிலாளர் வரிசைவீடுகளான லயத்தில், பதினெட்டுக் குடும்பங்கள் இருந்தன. அவர்களை அன்றிரவே வெளியேற்றுவதா இல்லையா என்பதை அந்த அறிக்கையே தீர்மானிக்கும்.

முதற் பறப்பின் நடுவில் உச்சியிலிருந்து மூடுபனி இறங்கியது. பறப்பு முடிந்து, திரையில் மலையின் உருவம் புள்ளி புள்ளியாகத் திரண்டபோது, அதில் ஒரு சிறு பிழை இருப்பதை றமீலா கண்டாள். மலையெங்கும் தேயிலைச் செடிகள் நெஞ்சளவு நின்றன. உச்சியிலிருந்து எட்டு வரிசைகள் மட்டும் தரையிலிருந்து ஐம்பத்தாறு சென்ரிமீற்றரில், சரிவுக்குச் சமாந்தரமாக, தட்டையாக முடிந்திருந்தன.

"மேல செடிய மட்டமாக் கவ்வாத்து வெட்டியிருக்கா, அக்கா?" என்று அவள் வழிகாட்ட வந்திருந்த ஜீவராணியிடம் கேட்டாள். ஜீவராணி அந்த லயத்தில் குடியிருப்பவள். அந்த மலையில் பத்தொன்பது ஆண்டுகள் கொழுந்து எடுத்தவள்.

"எங்கங்க மிஸ்! நாலு வருஷமா இந்த மலையில கத்தியே படல. கொழுந்து எடுக்கப் போனா செடி நெஞ்ச இடிக்குது."

"வெட்டினா எவ்வளவு உயரத்துல வெட்டுவாங்க?"

"இருவத்திரெண்டு இன்ச். சரிவு எப்படிப் போகுதோ அப்படியே மட்டமா."

இருபத்திரண்டு அங்குலம் என்பது ஐம்பத்தாறு சென்ரிமீற்றர்.

"ட்ரோனே கவ்வாத்து வெட்டிட்டு வருது போல," என்று ட்ரோனை இயக்கும் லோஜன் சிரித்தான். "தொரைகிட்ட சொல்லி அதுக்கும் ஒரு நாள் கூலிக்குப் பேர் போடுவோம், மிஸ்."

றமீலா சிரிக்கவில்லை. நனைந்த இலை லேசர் ஒளியை விழுங்கிவிடும். பனித்துளி அதைச் சிதறடிக்கும். ஆகவே செடியின் நுனி பதிவாகாமல் போவது இயல்பு என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். மூடுபனியில் எடுத்த அளவை எதற்கும் ஆதாரமாகக் கொள்ளலாகாது என்ற ஆறாம் விதியைச் சென்ற ஆண்டு அலுவலகத்துக்காக எழுதியவளே அவள்தான். அளவை ஒதுக்கி வைத்தாள்.

பனி விலகியதும் ஜீவராணி, உச்சியில் கட்டியிருந்த தன் ஆட்டை அவிழ்த்துவர ஏறினாள். அவள் கத்திய கத்தலில் இருவரும் ஓடினார்கள்.

முளைக்கயிற்றருகே ஆட்டின் நான்கு கால்கள் நின்றுகொண்டிருந்தன. விழவில்லை, நின்றன. அவற்றுக்கு மேலிருந்த உடல் சரிவில் உருண்டு, ஒரு செடியில் குடல் சிக்கிக் கிடந்தது. நான்கு வெட்டுகளும் ஒரே மட்டம். பச்சைக் கொழுந்தை நகத்தால் கிள்ளியது போன்ற சுத்தம். மழை மணத்தோடு வெதுவெதுப்பான இரத்த மணம் கலந்திருந்தது. சுற்றி நின்ற எட்டு வரிசைச் செடிகளிலும் ஓர் இலைகூட அறுபடவில்லை.

"புலியா இருக்கும்," என்றான் லோஜன். குரலில் சிரிப்பு இல்லை.

"புலி மட்டம் பாத்தா வெட்டும், தம்பி?" என்றாள் ஜீவராணி. "மிஸ், போதும். எறங்கிருவோம்."

றமீலாவுக்கும் இறங்கத் தோன்றியது. ஆனால் அளவின்றி அறிக்கை இல்லை. அறிக்கையின்றி பதினெட்டுக் குடும்பங்கள் மண்ணுக்கடியில் போகக்கூடும். "பாதையில நின்னு இன்னொரு தடவ பறக்கவிடுவோம். ஒரே ஒரு தடவ," என்றாள்.

மூன்று மணி ஐந்து நிமிடத்துக்கு ட்ரோன் மீண்டும் எழுந்தது. ஏழாம் நிமிடத்தில் பனி மறுபடியும் இறங்கியது; இம்முறை வேகமாக. முதலில் உச்சி மறைந்தது, பிறகு நடு மலை, பிறகு ட்ரோன்.

"கண்ணுக்குத் தெரியல்ல, மிஸ். எறக்கிரவா?"

"இன்னும் நாலு கோடு பறந்தா முடிஞ்சிரும், பனி விலகினாலும் விலகும். ட்ரோன் ஓட்டுறவன் கண்பார்வையில இருக்கணும்ங்கிறது விதி. கொஞ்சம் மேல போய்ப் பாரு, லோஜன்."

"சரி, மிஸ்."

கழுத்தில் இயக்குகருவி தொங்க, அவன் செடிகளுக்கிடையே ஏறினான். பனி அவனை மூடியது. றமீலாவின் கையிலிருந்த திரையில் மட்டும் அவன் இருந்தான்: நூற்று எழுபத்திரண்டு சென்ரிமீற்றர் உயரத்தில், மெல்லிய புள்ளித்தூணாக.

அவனுக்கு மேலே செடிகளெல்லாம் ஐம்பத்தாறு.

எட்டு வரிசைகள் அல்ல. இருபது. முப்பது. தட்டையான அந்த விளிம்பு, வேலைக்கு அணிவகுத்த ஒரு பிரட்டு ஆட்கள் தோளோடு தோள் சேர்ந்து வெட்டிக்கொண்டு இறங்குவதுபோல், நேர்கோடாக இறங்கியது.

அப்போதுதான் ஒலி கேட்டது. சரக். ஓர் இடைவெளி. சரக். ஈரக் கொம்பில் இரும்பு இறங்கும் ஒலி, ஒரு கத்தி அல்ல, பல, ஒரே நேரத்தில்.

"தம்பி!" என்று ஜீவராணி அலறினாள். "ஓடியாந்துரு!"

"என்னக்கா? யாரோ வேல செய்றாங்க போல..."

சரக்.

திரையில் தூண் ஐம்பத்தாறு ஆயிற்று.

கத்தல் இல்லை. ஏதோ கனமானது செடிகளை முறித்துக்கொண்டு உருண்டுவந்து, பாதையோர வடிகானில் விழுந்தது. அது லோஜன். தொடைக்குக் கீழே ஒன்றும் இல்லை. வாய் திறந்து மூடியது. இரத்தம் கானை நிறைத்து, மழைநீரோடு சேர்ந்து, லயத்தை நோக்கி ஓடியது. றமீலா தன் துப்பட்டாவால் தொடைகளைக் கட்டினாள். இறுக்கினாள். இன்னும் இறுக்கினாள். அவன் கண்கள் அவளைப் பார்த்தபடியே நின்றுபோயின.

பனி கிழிந்தது. மேலே இரண்டு சப்பாத்துகள் நின்றன. அவற்றுக்குள் கால்கள்.

ட்ரோன் மீதி நான்கு கோடுகளையும் தானாகவே பறந்து, லயத்தின் மேலும் சென்று, அவள் காலடியில் வந்து இறங்கியது. அதன் விசிறிகளில் ஓர் இலைத்துணுக்கும் இல்லை.

மாலை ஐந்து மணிக்கு முடிவுகள் எடுக்கப்பட்டன. இனந்தெரியாத ஆயுததாரிகள் லோஜனை வெட்டிக் கொன்றதாகப் பொலிஸார் எழுதினார்கள். றமீலா அனுப்பிய அளவை அலுவலகம் ஏற்கவில்லை. அது மூடுபனியில் எடுக்கப்பட்டது. ஆறாம் விதி தெளிவாக இருந்தது. எனவே வெளியேற்றும் உத்தரவு பிறப்பிக்கப்படவில்லை. கொலையாளிகள் பிடிபடும் வரை லயத்தில் எவரும் வெளியே வரக்கூடாது, கதவுகளைத் தாழிட்டு உள்ளேயே இருக்கவேண்டும் என்று பொலிஸார் ஒவ்வொரு வாசலிலும் சொல்லிச் சென்றார்கள். றமீலாவைக் கடைசி ஜீப்பில் ஏற்றினார்கள்.

ஏறுமுன் அவள் ஜீவராணியின் கதவைத் தட்டினாள். "அக்கா, பிள்ளைய தூக்கிட்டு என்னோட வாங்க. இப்பவே."

"பொலிஸ் உள்ள இருக்கச் சொல்லிட்டாங்க, மிஸ். வெளிய நிக்கிறவன் கையில கத்தி," என்றாள் ஜீவராணி. மகள் அவள் இடுப்பில் முகம் புதைத்திருந்தாள். "நீங்க பாத்துப் போங்க."

கதவு மூடியது. தாழ் விழுந்தது.

ஜீப் திரும்புகையில் றமீலா மடியிலிருந்த திரையைப் பார்த்தாள். கடைசிக் கோட்டில், வெளியே இன்னும் முழுதாய் நின்ற அதே லயம் இருந்தது. கூரை இல்லை. சுவர்கள் ஐம்பத்தாறு. அறைகளுக்குள் நெருக்கமாகச் சில சிறு தூண்கள் நின்றன. அவையும் ஐம்பத்தாறு.

வெளியே மூடுபனி முதல் வீட்டின் தகரக் கூரையைத் தொட்டது.

சரக்.

பதினெட்டுக் கதவுகளும் உள்ளே தாழிடப்பட்டிருந்தன.