சவரம் செய்த சுவர்

சுவரில் முடி முளைத்திருந்தது.

நேற்றுத்தான் பூசி முடித்த சுவர். சடையாண்டி குனிந்து பார்த்தான். கருப்பாக, குட்டையாக, அங்கங்கே இரண்டு மூன்று. பசையில் கிடந்த முடி ஒட்டியிருக்கும் என்று விரலால் பிடித்து இழுத்தான். வரவில்லை. அதற்கு வேர் இருந்தது.

அது 1960. தாடிக்கொம்பு ரோட்டில் ஒரு பழைய புகையிலைக் கிட்டங்கிக்குள், பிரெஞ்சுப் படமொன்றுக்காகப் பொய் வீடு கட்டிக்கொண்டிருந்தார்கள். கட்டுகிறவர் கொர்வால் துரை. காரைக்காலில் வளர்ந்தவர், தமிழ் தண்ணீர்பட்ட பாடு. பாரிஸ் ஸ்டூடியோக்களில் இருபது வருஷமாகச் சாக்கிலும் அட்டையிலும் அரண்மனை கட்டியவரை, இந்த ஒரு படத்தை விட்டால், இப்போது கூப்பிட ஆளில்லை. புதுப் பையன்கள் செட்டே வேண்டாமென்று தெருவுக்குக் காமிராவைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்களாம்.

நாடகங்களுக்குத் திரைச்சீலையில் சீன் எழுதிக்கொண்டிருந்த சடையாண்டியிடம் அவர் சொல்லியிருந்தார்: "இந்தச் சுவரு உயிரோட இருக்கிற மாதிரி வந்துச்சுன்னா, உன்னைப் பாரிசுக்குக் கூட்டிப் போறேன்." அன்றிலிருந்து சடையாண்டிக்குச் சோறு இறங்கவில்லை.

சீன் வர்ணத்தை வஜ்ஜிரப் பசையில்தான் குழைப்பார்கள். தோல் கழிவைச் சுண்ணாம்பில் ஊறவைத்து, முடி கழித்து, பிறகு காய்ச்ச வேண்டும். அவசரத்தில் அவன் ஊறப்போடாமல் பச்சையாகவே காய்ச்சினான். கழிவு கொண்டுவந்து கொடுத்த சேக் பரீது, தோல் பதனிடும் ஷாப்பிலேயே பிறந்து வளர்ந்தவன், அவனே மூக்கைப் பொத்திக்கொண்டான்.

"வேணாம் அப்பு. சுண்ணாம்பு படாத தோலு இன்னும் சாகலைன்னு எங்க அத்தா சொல்வாரு."

"செத்த நேரம் சும்மா இருலே. தொரை நாளைக்கே சுவரு கேக்குறாரு."

இப்போது துரையிடம் சொன்னால் செட்டைப் பிரித்துவிடுவார், பாரிசும் போகும். கழுதைக்கு வாழ்க்கைப்பட்டு உதைக்கு அஞ்சலாமா? தினமும் துரை வருமுன் சவரக் கத்தியோடு வந்து, தகரக் கூரைச் சூட்டில் ஊறிப்போன தோலும் கொழுப்பும் வேர்வையும் கலந்து அடிக்கும் வாடையில் மூச்சைப் பிடித்துக்கொண்டு, மொய்க்கிற நீல ஈக்களை முழங்கையால் விரட்டி, சரக் சரக்கென்று சுவரை மழித்தான். மழிக்க மழிக்க அடர்த்தியாக வந்தது. சுவர் மெத்தென்று அழுந்தியது. வெதுவெதுப்பாக இருந்தது.

வீட்டில் மாயக்காள் வட்டிலைத் தள்ளினாள். "கையைக் கழுவிட்டுத் திங்கக் கூடாதா? கட்டினவன்னு பக்கத்துல உக்கார முடியல. வெஞ்சனம் பூரா முடியாக் கெடக்கு."

ஒருநாள் கத்தி ஆழமாகப் பட்டுவிட்டது. மறுநாள் அந்த இடத்தில் பொருக்குக் கட்டியிருந்தது.

அன்று துரை சீக்கிரமே வந்தார். பொருக்கை நகத்தால் நிமிண்டினார். அடியில் இளஞ்சிவப்பாகப் புதுத்தோல். சடையாண்டி வாயைப் பொத்திக்கொண்டான். துரையோ முகர்ந்து பார்த்தார். கண் கலங்கியது அவருக்கு.

"இம்புட்டு வருஷம் இதைத்தான் தேடுனேன். நாலு சுவரும் இதே மாதிரி வேணும்."

சடையாண்டி மறுபடியும் பச்சையாகவே பசை காய்ச்சினான். மீதி மூன்று சுவரையும் பூசினான்.

கடைசிச் சுவர் காய்ந்த பிற்பகலில் அறைக்குள் அவர்கள் இருவர்தான். ஈக்கள்கூட இல்லை. சத்தமே இல்லை. துரை கன்னத்தைச் சுவரில் வைத்துச் சாய்ந்திருந்தார்.

"டிக்கெட்டுக்கு எழுதிட்டேன். நீ என் கூடப் பாரிசுக்கு வாரே. மூலையில இருக்கிற அந்தக் கண்ணாடியை ஆணியடிச்சு மாட்டிரு, வேலை முடிஞ்சுச்சு."

பாரிஸ். சடையாண்டி ஆணியை எடுத்தான். எதிர்ச்சுவரில் வைத்தான். கண்ணை மூடினான். ஓங்கி ஒரே அடி.

ஈ உட்கார்ந்த மாட்டின் முதுகுபோல நாலு சுவரும் சுருக்கென்று சிலிர்த்தன. அந்தச் சிலிர்ப்பு மூலைகளைத் தாண்டி ஓடி, துரை சாய்ந்திருந்த இடத்துக்கு வந்து, இடைவெளி ஏதும் இல்லாமல் அவர் கன்னத்திலும் கழுத்திலும் ஏறி ஓடியது.

துரை சிரித்துக்கொண்டிருந்தார். "இன்னொண்ணு அடி," என்றார்.