கழுவி வைத்த இரண்டு கிளாஸ்

"வேண்டாம் மாமி, அத அங்க வையுங்க! எனக்க கிளாஸ நானே கழுவிக்கிடுதேன்... நிங்க இதுவர கழுவுனது போதும்."

காலை ஏழு மணி. அடுப்பில் புட்டுக்குடம் சீறிக்கொண்டிருந்தது. எச்சில் கிளாஸை எடுக்க நீண்ட செல்லபாயின் கை அப்படியே நின்றுவிட்டது. ஷெமி கிளாஸை வெடுக்கென்று எடுத்துக் குழாயில் அலசிக் கவிழ்த்துவிட்டு, முகத்தைக்கூடத் திருப்பாமல் உள்ளே போனாள்.

முன்னறையில் செல்லபாயின் புருஷன் தாசையன் பத்திரிகை படித்துக்கொண்டிருந்தார். படித்துக்கொண்டிருந்தார் என்பது பேச்சுக்கு. அந்தச் சொல் அவர் காதிலும் விழுந்திருக்கும். பக்கம் புரளவில்லை, ஆளும் அசையவில்லை.

'ஒரு வார்த்தை... ஒரே ஒரு வார்த்தை சொல்லப்பிடாதா இந்த மனுஷன்!' செல்லபாயின் மனம் கொதித்தது. கொதித்து என்ன செய்ய? பத்தொன்பது வருடமாகக் கொதித்துக்கொண்டுதானே இருக்கிறது.

ஷெமி அவள் பெற்ற பிள்ளை இல்லை. தாசையனின் ஒரே தங்கை செலினின் மகள். நெய்யாற்றின்கரைக்குத் தெற்கே மேக்கேவிளை என்ற சின்ன ஊரில், அடுத்தடுத்த வளவுகளில்தான் அண்ணனும் தங்கையும் குடியிருந்தார்கள். செலினின் புருஷனுக்குக் குவைத்தில் வேலை. நாலு வயது ஷெமி பாதி நாள் செல்லபாயின் இடுப்பில்தான் இருப்பாள். அன்றைக்கும் அப்படித்தான் இருந்தாள். அதனால்தான் அவள் உயிர் பிழைத்தது என்று ஊரில் சொல்வார்கள்.

2006-ஆம் ஆண்டு, ஓணம் கழிந்த மறு வாரம், ஒரு வியாழக்கிழமை மத்தியானம். யாரோ செலினைக் கழுத்தை நெரித்து அடுக்களையில் போட்டுவிட்டுப் போயிருந்தார்கள். நகை போகவில்லை, கதவு உடையவில்லை. நாலு மணிக்கு அங்கே போன தாசையன்தான் முதலில் பார்த்தார். அவர் போட்ட அலறலில் செல்லபாய் பிள்ளையைப் பக்கத்து வீட்டில் எறியாத குறையாக விட்டுவிட்டு ஓடினாள். செலின் மல்லாந்து கிடந்தாள். தாசையனின் சட்டைக் கை இரண்டும் முழங்கை வரை நனைந்திருந்தது. பாத்திரத் தட்டில் இரண்டு கண்ணாடி கிளாஸ் கவிழ்த்து வைத்திருந்தது. இரண்டிலிருந்தும் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

"மேசையில ரெண்டு கிளாஸ் இருந்துது பிள்ளே..." தாசையன் அவள் காதில் கிசுகிசுத்தார். "மாப்பிள வெளிநாட்டுல இருக்கான். ரெண்டு கிளாஸப் பாத்தா ஊரு என்ன சொல்லும்? செத்தவள அவிசாரின்னு சொல்லுமே! அதான் நான் கழுவி..."

அதற்குள் ஊர் கூடிவிட்டது. போலீசும் வந்தது. இன்ஸ்பெக்டரின் கண் நேராக அந்தப் பாத்திரத் தட்டில்தான் விழுந்தது.

"ஆராக்கும் இத கழுவுனது?"

தாசையனுக்கும் செலினுக்கும் அந்த வருடம் வேலித் தகராறு ஒன்று இருந்தது ஊருக்கே தெரியும். அவர் உதடு வெளுத்துப்போய் நின்றார். அவர் வாயைத் திறந்தால் அடுத்த நிமிடம் விலங்கு மாட்டுவார்கள் என்று செல்லபாய்க்குத் தோன்றியது.

"நானாக்கும் சார்... எச்சிக் கிளாஸு கிடந்துது. அறியாம கழுவிட்டேன்."

அவ்வளவுதான். கொலைகாரனின் கைரேகை பதிந்திருந்த ஒரே பொருளைக் கழுவித் தொலைத்த புத்திகெட்டவள் என்று இன்ஸ்பெக்டர் ஊர் நடுவில் வைத்துக் கத்தினார். 'கிளாஸ் கழுவி' என்று ஊர் அவளுக்குப் பட்டம் கட்டியது. சபையில் பெண்கள் சங்கத்தில் அவள் பக்கத்தில் உட்கார ஆள் இல்லை. செலினின் புருஷன் ஒரு வருடத்தில் வேறு கல்யாணம் செய்துகொண்டு, பிள்ளையை இவர்களிடமே விட்டுவிட்டான். பேச்சுத் தாங்காமல் மூவரும் பட்டணத்தில் கரமனைக்கு வாடகை வீடு பார்த்து வந்தார்கள். தாசையன் சாலைக் கடைவீதியில் ஒரு ஹார்டுவேர் கடையில் கணக்கெழுதப் போனார்.

எத்தனையோ தடவை செல்லபாய் வாயைத் திறக்க நினைத்ததுண்டு. ஒவ்வொரு தடவையும் தூங்குகிற ஷெமியின் முகம் தடுத்துவிடும். தாய் போய்விட்டாள், தகப்பன் கைவிட்டான். ரத்த சொந்தம் என்று மிச்சம் இருப்பது மாமன் ஒருவர்தான். அவரையும் இந்தப் பிள்ளை வெறுத்துவிட்டால்? 'நான் வந்து சேர்ந்தவ. என்னிய வெறுத்தா அவளுக்கு ஒண்ணும் குறையாது' என்று மனதைக் கட்டிக்கொள்வாள்.

இப்போது ஷெமிக்கு இருபத்து மூன்று. ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் லேப் டெக்னீஷியன். தாயின் கேஸ் காகிதங்களை ஒவ்வொன்றாக வாங்கிப் படித்தாள். கோர்ட்டுக்குப் போய் மறு விசாரணைக்கு உத்தரவும் வாங்கினாள். கிளாஸ் விளிம்பில் ஒட்டிய எச்சிலில்கூட ஆளைக் கண்டுபிடிக்கலாம் என்று தெரிந்த பெண். படிக்கப் படிக்க அவளுக்கு மாமி மேல் வெறுப்பு ஏறிக்கொண்டே போனது. அதுவரை 'அம்மா' என்று கூப்பிட்டவள் ஒருநாள் 'மாமி' என்றாள். செல்லபாய் அதைக் கேட்டும் கேட்காதவளாகச் சோறு பரிமாறினாள்.

இன்றைக்குப் பத்தரை மணிக்கு மூன்று பேரையும் போலீஸ் ஆபீசுக்கு வரச் சொல்லியிருந்தது. பழைய கேசுகளைப் பார்க்கிற பிரிவு. இது ஐந்தாவது அதிகாரி.

"ஒவ்வொருத்தரா வருவாங்க, ஒண்ணாம் பக்கத்துல இருந்து படிப்பாங்க, அதே கேள்வி கேப்பாங்க, மாறிப் போவாங்க..." பஸ்ஸில் ஷெமி யாரிடமும் இல்லாமல் முணுமுணுத்தாள். "எனக்கு வட்டு பிடிக்குது... பைத்தியமே பிடிச்சிரும்!"

அதிகாரியின் பெயர் ரேஷ்மி. பாலக்காட்டுக்காரி, தமிழ் நன்றாகவே வந்தது. மேசை மேல் நாலைந்து கட்டுகளைப் பிரித்து வைத்திருந்தாள்.

"உக்காருங்க அம்மா. ஒரே ஒரு கேள்விதான். அந்த ரெண்டு கிளாஸ்ல என்ன இருந்தது?"

செல்லபாய் இந்தக் கேள்விக்குத் தயாராகத்தான் வந்திருந்தாள். "சாயா."

"அப்படியா?" ரேஷ்மி ஒரு காகிதத்தைத் தள்ளினாள். "2006-ல சாயான்னு சொல்லியிருக்கீங்க. 2009-ல வந்த ஆபீசர்கிட்ட நாரங்காத் தண்ணி, எலுமிச்சை சாறு. 2013-ல ஞாபகம் இல்ல. 2018-ல காப்பி. நாலு ஆபீசரும் எழுதி வெச்சிருக்காங்க, ஒருத்தரும் சேத்து வெச்சுப் படிக்கல."

"பத்தொம்பது வருசம் ஆச்சுல்லா மேடம்... மறந்துபோச்சு."

"அம்மா, நானும் வீட்டுல பாத்திரம் கழுவற ஆளாக்கும். செத்துக் கிடக்கற நாத்தனார் பக்கத்துல நின்னு கழுவின கிளாஸு... அதுல என்ன இருந்ததுன்னு சாகற வரைக்கும் மறக்குமா?" ரேஷ்மி குரலைத் தாழ்த்தினாள். "கழுவறதுக்கு முன்னாடி நீங்க அந்தக் கிளாஸப் பாக்கவே இல்ல. சரியா?"

ஷெமி திடுக்கிட்டு நிமிர்ந்தாள்.

"யாரக் காப்பாத்தறீங்க? சாட்சியத்த மறைச்சதுக்கு உங்க பேருல தனி கேஸ் போட வேண்டி வரும். சொல்லுங்க!"

செல்லபாய் புடவைத் தலைப்பைப் பல்லில் கடித்துக்கொண்டாள். "கேஸ் போடுங்க மேடம். நான்தான் கழுவுனேன்."

"மாமி!" ஷெமி அலறினாள். "ஆருக்காக்கும் இது? ஒங்க பொறந்த வீட்டு ஆளா? எனக்க அம்மைய கொன்னவன் ஆருன்னு ஒங்களுக்குத் தெரியுமா?"

அந்தக் கேள்வி செல்லபாயின் நெஞ்சில் இறங்கியது. அவள் புருஷனைப் பார்த்தாள். கெஞ்சவில்லை, மிரட்டவில்லை. வெறுமனே பார்த்தாள்.

தாசையன் நாற்காலியின் கையைப் பிடித்து எழுந்தார்.

"அவ கழுவல்ல மேடம்... நானாக்கும் கழுவுனது."

"மாமா..."

"ஒரு கிளாஸுல பால் சாயா, பாதி குடிச்சது. அது செலினுக்குள்ளது. மத்ததுல கட்டன். பாலில்லாத சாயா. அடியில நாரங்கா விதை ரெண்டு கிடந்துது. இப்பளும் கண்ண மூடுனா அதுதான் தெரியுகு." அவர் இரண்டு கையாலும் முகத்தில் அறைந்துகொண்டார். "தங்கச்சிக்க மானத்த காக்கேன்னு நெனச்சேன் மக்களே! அவள கொன்னவனைக் காத்துட்டேன்! பிறகு பயம்... என்னையாக்கும் பிடிப்பாவன்னு பயம். இவ முன்னாடி வந்து நின்னா. நான் இவளுக்குப் பின்னாடி ஒளிஞ்சேன். பத்தொம்பது வருசம் ஒளிஞ்சேன்!"

ஷெமி சுவரோடு சாய்ந்துவிட்டாள். ரேஷ்மி உடனே பேனாவை எடுத்தாள். வாக்குமூலம் எழுதி முடிக்க இரண்டு மணி நேரம் ஆனது. கோர்ட்டு என்ன சொன்னாலும் ஏற்றுக்கொள்வதாகத் தாசையன் கையெழுத்துப் போட்டார்.

வெளியே வராந்தா பெஞ்சில் உட்கார்ந்திருந்த செல்லபாயின் எதிரே ஷெமி வந்து நின்றாள். கண் சிவந்திருந்தது. ஓடி வந்து கட்டிக்கொள்வாள் என்று செல்லபாய் எதிர்பார்த்திருந்தால் அது தப்பாகப் போயிற்று.

"நிங்களும் பொய்தானே சொன்னிய? ரெண்டு பேரும் சேந்துதானே சொன்னிய? அன்னைக்கே உள்ளத சொல்லியிருந்தா, கட்டன் குடிக்கவன் ஆருன்னு அப்பவே தேடியிருப்பாவல்லியா?"

"ஓ, மக்களே. பொய்தான் சொன்னேன்." செல்லபாயின் குரலில் இத்தனை காலமும் இல்லாத ஒரு சூடு இருந்தது. "அதுக்கு உள்ள தண்டனையும் அனுபவிச்சுத் தீத்தாச்சு. ஊரு துப்புச்சு, சபை ஒதுக்குச்சு, நான் வளத்த பிள்ள எனக்க கையால சாயா குடிக்காம ஆச்சு. இன்னும் என்ன வேணும் ஒனக்கு? சொல்லு... அதயும் தாறேன்!"

ஷெமி தனியாக ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டாள்.

அடுத்த இரண்டு வாரம் வீட்டில் மூன்று பேரும் மூன்று மூலையில் இருந்தார்கள். ஆனால் கேஸ் அசைந்தது. செலின் வீட்டுக்குள் கூப்பிட்டு உட்கார வைக்கக்கூடிய ஆட்கள் எத்தனை பேர், அதில் பால் சாயா குடிக்காதவன் யார் என்று ரேஷ்மி மேக்கேவிளையில் வீடு வீடாக ஏறி விசாரித்தாள். பதினேழு பேர் பட்டியல் ஆறானது. அதில் இரண்டு பேர் செத்துப்போயிருந்தார்கள். மிச்சம் நாலு. ஷெமியின் முகத்தில் முதல் தடவையாக ஒரு வெளிச்சம் தெரிந்தது.

பதினைந்தாம் நாள் சாயங்காலம் ஷெமி வேலையிலிருந்து வந்தவள் செருப்பைக்கூடக் கழற்றாமல் அடுக்களை வாசலில் நின்றாள்.

"ரேஷ்மி மேடத்துக்கு டிரான்ஸ்பர். கண்ணூருக்கு. நாளைக்கே போணும்."

செல்லபாய் கையிலிருந்த அகப்பையைக் கீழே வைத்தாள்.

"புதுசா வாற ஆளுக்கு ஃபைல் படிக்க மூணு மாசம் வேணுமாம்! முதல்லேருந்தாம்! எல்லாம் முதல்லேருந்து!" ஷெமி கையிலிருந்த பையைச் சுவரில் எறிந்தாள். "நாலு பேருல ஒருத்தன்... அந்த நாலு பேருல ஒருத்தன் எங்கயோ உக்காந்து சொகமா சாயா குடிச்சிட்டு இருக்கான்! எனக்கு மதி, போதும்... எனக்கு இனி முடியாது..."

அவள் அப்படியே தரையில் சரிந்தாள். செல்லபாய் ஓடிப்போய்த் தாங்கினாள். இந்தத் தடவை ஷெமி தட்டிவிடவில்லை. அந்தத் தோளில் முகம் புதைத்து, நாலு வயதுப் பிள்ளை அழுவதுபோல விம்மி விம்மி அழுதாள்.

"என்னிய மன்னிச்சிருங்கம்மா... ஒங்கள என்னெல்லாம் சொல்லிட்டேன்! கொலகாரன் ஒங்க ஆளான்னு கேட்டேனே... இந்த வாய அப்பவே அடிச்சு ஒடச்சிருக்கப்பிடாதா!"

"என்னத்துக்கு மக்களே அடிக்க? பெத்தவள பறிகுடுத்தவ, கோவம் எங்கயாவது தீரணும்லா. எனக்க மேல தீந்துது, போவட்டும்." செல்லபாய் அவள் தலையைக் கோதினாள். கண்ணீர் தாரையாக வழிந்தது. "புது ஆபீசர் வரட்டும். முதல்லேருந்து சொல்லுவோம். இனி உள்ளத மட்டும் சொல்லுகோம், அதனால பயப்பட ஒண்ணும் இல்ல."

முன்னறையில் தாசையன் இதையெல்லாம் கேட்டுக்கொண்டுதான் இருந்தார். அடுத்த ஞாயிற்றுக்கிழமை அதிகாலையில் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு, "நான் மேக்கேவிளைக்கு ஆராதனைக்குப் போறேன். நிங்களும் வந்தா நல்லது" என்றார். ஊரை விட்டு வந்த பிறகு மூவரும் மிதிக்காத ஆலயம் அது.

சாட்சி சொல்கிற நேரம் வந்தபோது தாசையன் எழுந்து முன்னால் போனார். போதகர் ஒலிவாங்கியை நீட்டினார். சபையில் ஒரு சலசலப்பு எழுந்தது.

"நான் தேவனுக்கு முன்னாலயும் உங்க முன்னாலயும் ஒரு காரியம் சொல்ல வந்திருக்கேன். எனக்க தங்கச்சி செத்த அன்னைக்கு அந்தக் கிளாஸ கழுவுனது எனக்க வீட்டுக்காரி இல்ல. நானாக்கும். எனக்க உயிருக்குப் பயந்து அவ பேர விட்டுக்குடுத்தேன். நிங்க அவளுக்கு வச்ச பட்டம் எனக்குள்ளது. அத எனக்குத் தாருங்க." பிறகு ஒன்றைச் சொன்னார். "அந்த மத்தியானம் அந்த வீட்டுப் பக்கம் யாரையாவது பாத்தவங்க, செலினுக்க பேர் கெடும்னு நெனச்சு மறச்சவங்க இங்க இருந்தா... எனக்க கோலத்தப் பாருங்க. மறைக்காதிய. சொல்லிருங்க."

பெண்கள் பக்கத்தில் முன் வரிசையிலிருந்து சுசீலாபாய் எழுந்தாள். சங்கத்தின் அந்தக் காலத் தலைவி, செல்லபாயை ஒதுக்கி வைத்ததில் முதல் ஆள். தடி ஊன்றி நடந்து வந்து, கடைசி பெஞ்சில் செல்லபாயின் பக்கத்தில் ஒன்றும் பேசாமல் உட்கார்ந்தாள். அவள் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். செல்லபாயின் உடம்பு குலுங்கியது. எத்தனை நாள் அழுகை அது!

ஆராதனை முடிந்து ஜனங்கள் வெளியே வந்தார்கள். ஷெமி கல்லறைத் தோட்டத்தில் தாயின் கல்லறைக்கு முன்னால் நின்றிருந்தாள். கொன்றவன் யாரென்று அங்கே சொல்ல இன்னும் அவளிடம் பெயர் இல்லை. மறுநாள், திங்கட்கிழமை, புது அதிகாரி பொறுப்பேற்கிறார். முதல் ஆளாகப் போய் நிற்பது என்று முடிவு செய்திருந்தாள்.

தாசையன் வெளி வாசலுக்கு அப்பால், ரோட்டோரம் தனியாக நின்றார். கிட்டே வரலாமா, வரக்கூடாதா என்று தெரியாமல் தவித்துக்கொண்டிருந்தார். செல்லபாய் அவரை வெகுநேரம் பார்த்தாள். கோபம் போய்விட்டதா என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. பத்தொன்பது வருடம் ஒரு ஞாயிற்றுக்கிழமையில் தீராது.

அவள் வேதப் புத்தகத்தைக் கைக்குள் இடுக்கிக்கொண்டு நடந்து போய் அவர் முன்னால் நின்றாள்.

"வெயிலு ஏறுகு... பிள்ள காலையிலேருந்து ஒண்ணும் தின்னல்ல. பஸ்ஸுக்கு இங்க நிக்கியளா, இல்ல ஒரு ஆட்டோ விளிக்கியளா?"

தாசையன் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு, ஆட்டோ பிடிக்க ஓடினார்.