நானூற்றுப் பதினேழாம் எண்

திங்கட்கிழமை காலை ஒன்பதேகாலுக்கு, ஒரு கையில் குடையும் மறு கையில் சாப்பாட்டுப் பையுமாக வந்து அக்கா நூலகத்தைத் திறந்தாள். முப்பது வருஷமாக அவள்தான் அங்கே நூலகர். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளிலிருந்து பென்ஷன் வாங்குகிறவர் வரை எல்லோருக்கும் அவள் லைப்ரரி அக்காதான். கதவு திறந்ததும் பழைய காகிதத்தின் வாசனை வந்தது. மின்விசிறியைப் போட்டாள். அது நான்கு முறை முனகிவிட்டுச் சுற்றியது.

மேசையில் தலைமை அலுவலகத்திலிருந்து வந்த கடிதம் கிடந்தது. ஐந்து வருஷமாக யாரும் எடுத்துப் போகாத புத்தகங்களை எல்லாம் கழித்துக் கட்ட வேண்டும். வெள்ளிக்கிழமை மதியம் லாரி வரும். கூழாக்க எடுத்துப் போய்விடுவார்கள்.

ஒவ்வொரு புத்தகத்தின் கடைசியிலும் ஒட்டியிருக்கும் தேதித் தாளைப் பார்த்தால் போதும், அது கடைசியாக எப்போது வெளியே போனது என்று முத்திரை சொல்லிவிடும். மதியத்துக்குள் அக்கா பாதி நூலகத்தைப் பார்த்து முடித்தாள். பின் சுவர் ஓரமாக இருந்த காதல் கதை அலமாரிக்கு வந்தபோது அவளுக்குக் கை ஓடவில்லை. முப்பத்தொரு புத்தகங்கள். ஒன்றில்கூடப் புது முத்திரை இல்லை. இப்போது வருகிறவர்களுக்குப் பரீட்சைக் கையேடுதான் வேண்டும், காதல் யாருக்கு வேண்டும்?

அவளுக்கு வேண்டும். அவள் கல்யாணமே அந்த அலமாரியில்தான் நடந்தது என்று சொல்லலாம். எதிர் ஒர்க்‌ஷாப்பில் மெக்கானிக்காக இருந்தவர் தினம் ஒரு காதல் கதையை எடுத்துப் போவார், மறுநாளே கொண்டு வந்து வைப்பார். பத்தாவது பக்கத்தைத் தாண்டியவரில்லை. ஆனால் ஒவ்வொரு அட்டையிலும் கட்டைவிரல் ரேகை கிரீஸில் பதிந்து வரும். "ஏன் சார் இப்படி அழுக்குப் பண்றீங்க?" என்பதுதான் அவள் அவரிடம் முதலில் பேசிய பேச்சு. அவர் போய் மூன்று வருஷம் ஆகிறது.

நூலகர்கள் எல்லோருக்கும் தெரிந்த ஒரு திருட்டு வேலை உண்டு. ஒரு புத்தகத்தைக் காப்பாற்ற வேண்டுமானால், வராத உறுப்பினர் யாருடைய பெயரிலாவது அதைக் கொடுத்ததாகப் பதிந்து, தேதித் தாளில் முத்திரை குத்திவிடுவது. யாரும் வந்து கேட்கப் போவதில்லை. அக்கா உறுப்பினர் பட்டியலைப் புரட்டவே இல்லை. அவளுக்கு மனப்பாடமாகத் தெரிந்த எண் ஒன்றுதான், அவள் வீட்டுக்காரருடையது. நானூற்றுப் பதினேழு.

"கோவிச்சுக்காதீங்க, இதுவரைக்கும் படிக்காததை எல்லாம் சேத்துப் படிங்க" என்று சிரித்துக்கொண்டே முப்பத்தொரு முத்திரை குத்தினாள். புத்தகங்களைப் பின் அறை இரும்பு பீரோவில் வைத்துப் பூட்டிச் சாவியைக் கைப்பைக்குள் போட்டுக்கொண்டாள்.

சாயங்காலம் மகள் போன் செய்தாள். அடுத்த வாரம் பிரசவம். மருமகனுக்குத் தொழிற்சாலையில் இரவு ஷிப்ட். "அம்மா, வெள்ளிக்கிழமை வண்டியை விட்டுடாத. எனக்குத் தனியா இருக்க பயமா இருக்கு."

"வராம எங்கடி போகப்போறேன்" என்றாள் அக்கா.

மறுநாள் காலை, மூடியிருக்கும் நேரத்தில் வாசகர்கள் புத்தகம் போடுவதற்காகக் கதவில் வைத்திருக்கும் பெட்டியைத் திறந்தாள். உள்ளே ஒரே ஒரு புத்தகம் இருந்தது. முந்தின நாள் பீரோவில் பூட்டி வைத்தவற்றில் ஒன்று.

பீரோ பூட்டியபடியே இருந்தது. உள்ளே எண்ணிப் பார்த்தாள். முப்பது.

முதுகுத்தண்டில் சில்லென்று ஏறியது. புத்தகத்தைத் திறந்தால், நடுவில் ஒரு பக்கத்தின் மூலை மடிக்கப்பட்டிருந்தது. ஒரு வரியின் கீழே நகத்தால் அழுத்திக் கோடு இழுத்திருந்தது. 'அந்த மேசைக்குப் பின்னால் உன்னை முதலில் பார்த்த இடத்திலேயே என் மனம் இன்னும் நின்றுகொண்டிருக்கிறது.'

அக்கா அப்படியே உட்கார்ந்துவிட்டாள். சவ ஊர்வலத்தன்று கூட வராத அழுகை அன்று வந்தது. பயம் எங்கே போனதென்று தெரியவில்லை. "இருந்தப்ப பத்துப் பக்கம் தாண்டல, இப்ப நூத்திப் பத்தாம் பக்கம் வரைக்கும் வந்துட்டீங்களா?" என்று காலி அறையைப் பார்த்துக் கேட்டாள்.

புதன்கிழமை இரண்டு புத்தகங்கள் வந்தன. இரண்டிலும் நகக்கோடு. அக்காவுக்கு இருப்புக் கொள்ளவில்லை. வாசகர் கேட்ட புத்தகத்துக்குப் பதில் வேறொன்றைக் கொடுத்தாள். தேதியைத் தப்பாகக் குத்தினாள். மத்தியானம் கூட்டம் கலைந்ததும் பீரோவிலிருந்து ஒரு கதையை எடுத்து, 'இத்தனை நாள் எங்கே இருந்தீர்கள்?' என்று ஒரு பெண் கேட்கும் இடத்தில் பென்சிலால் கோடு போட்டு உள்ளே வைத்துப் பூட்டினாள். இருபது வயதில் செய்யாத கூத்தை ஐம்பத்திரண்டு வயதில் செய்துகொண்டிருந்தாள்.

மேசைக்குத் திரும்பி ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை.

அலமாரிகளுக்குப் பின்னால் பக்கம் புரளும் சத்தம் கேட்டது.

அவசரமில்லாமல், ஒவ்வொரு பக்கமாக. நடுவில் விரலை நாக்கில் தொட்டு எடுக்கிற சின்ன ஈரச் சத்தம். கூடவே ஒரு வாசனை. நாள்பட்ட ஈரத்துணியை மூட்டையாகக் கட்டி வைத்ததுபோல. அவரிடம் எப்போதும் டீசல் வாசனைதான் இருக்கும். அக்கா அதை யோசிக்காமல் இல்லை. யோசிக்க வேண்டாமென்று விட்டுவிட்டாள்.

சாயங்காலம் கதவுப் பெட்டியில் விழுந்த புத்தகத்தில் பதில் இருந்தது. 'உன் அருகிலேயே. நீ அழைக்கவில்லை, அவ்வளவுதான்.'

வியாழக்கிழமை காலை அவள் மெதுவாகச் சொன்னாள். "நாளைக்குப் பொண்ணு வீட்டுக்குப் போறேங்க. பேரப்பிள்ளை வரப்போகுது. ஒரு மாசத்துல வந்துடுவேன்."

மின்விசிறி நின்றது. மின்சாரம் போகவில்லை, விளக்கு எரிந்துகொண்டுதான் இருந்தது.

பின் அறையில் ஏதோ தொப்பென்று விழுந்தது. போய்ப் பார்த்தாள். பீரோ திறந்து கிடந்தது. தரையில் ஒரு புத்தகம் விரிந்திருந்தது. ஒரே ஒரு சொல்லின் கீழே நகக்கோடு, காகிதம் கிழிகிற அளவுக்கு.

'போகாதே.'

அன்று மாலை மகளுக்குப் போன் செய்து உடம்பு சரியில்லை என்று சொன்னாள். "சரிம்மா, உடம்பைப் பாத்துக்க" என்று மகள் வைத்துவிட்டாள். கோபப்பட்டிருந்தால்கூடத் தேவலை. ஆனாலும் மறுநாள் எப்போது விடியுமென்றுதான் மனம் அடித்துக்கொண்டது.

வெள்ளிக்கிழமை காலை பைண்டர் வந்தார். நைந்த புத்தகங்களைத் தைத்து அட்டை போட்டுக் கொடுக்கிறவர். அக்கா வேலைக்குச் சேர்வதற்கு முன்பிருந்தே அங்கே வந்துபோகிறவர். மேசையில் கிடந்த காதல் கதையைத் தைப்பதற்காக எடுத்துப் புரட்டியவர் பாதியில் நிறுத்தினார்.

"மேடம், இதை யார் கையில குடுத்தீங்க?"

"ஏன்?"

"இந்த நகக்கோடு எனக்குத் தெரியும்."

அக்காவுக்கு முகம் சிவந்தது. இனி மறைத்து என்ன என்று சொன்னாள். "எங்க வீட்டுக்காரர் பேர்ல பதிஞ்சேன். அவர்தான்…"

பைண்டர் தலையை ஆட்டினார். "அவர் தொட்ட புத்தகத்துக்கெல்லாம் நான்தானே மேடம் அட்டை மாத்தினேன்? நகத்தை ஒட்ட வெட்டியிருப்பார். அவர் கை பட்டா கறுப்பு இல்லாம இருக்குமா? இதைப் பாருங்க, பளிச்சுன்னு இருக்கு." குரலைத் தாழ்த்தினார். "உங்களுக்கு முன்னாடி இங்க இருந்தாங்களே ஒரு அம்மா, அவங்களுக்கு ஒருத்தன் இப்படித்தான் கோடு போட்டுப் போட்டு அனுப்பிச்சான். அவங்க ஏறெடுத்தும் பாக்கல. ஒரு நாள் அந்த ஆள் செத்துட்டான்."

"சரி, செத்துட்டான்ல?"

"புத்தகம் வர்றது நிக்கல. அந்தம்மா கையில டிரான்ஸ்ஃபர் ஆர்டர் இருந்துச்சு. பெட்டி எல்லாம் கட்டியாச்சு. போகல."

"ஏன்?"

"போகாதேன்னு சொல்றார்ன்னாங்க." பைண்டர் பின் அறைப் பக்கம் பார்த்தார். "அங்கதான், நாற்காலியில உக்காந்த மேனிக்கே இருந்தாங்க. இதயம் நின்னுடுச்சுன்னாரு டாக்டர். மடியில புத்தகம் விரிஞ்சபடி இருந்துச்சு."

அக்கா எழுந்து மேல்தட்டிலிருந்து பழைய உறுப்பினர் பதிவேட்டை இறக்கினாள். நானூற்றுப் பதினேழுக்கு எதிரே அடிக்கப்பட்ட ஓர் ஆண் பெயர். பக்கத்தில் பழைய நூலகரின் கையெழுத்து: 'இனி இந்த எண்ணில் யாருக்கும் புத்தகம் கொடுக்கக் கூடாது.' அதற்குக் கீழே, இருபத்திரண்டு வயது அக்காவின் உருண்டையான எழுத்தில் மெக்கானிக்கின் பெயர்.

அந்தக் குறிப்பை அவள் அன்றே படித்தாள். புத்தகத்தைத் திருப்பித் தராத ஆசாமி யாரோ என்று நினைத்தாள். புது எண் வேண்டுமானால் தலைமை அலுவலகத்துக்கு எழுதிப் பதினைந்து நாள் காத்திருக்க வேண்டும். கவுண்டரில் நின்று அசட்டுச் சிரிப்பு சிரித்தவரைப் பதினைந்து நாள் வராதே என்று சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை. காலியாக இருந்த எண்ணைத் தூக்கிக் கொடுத்துவிட்டாள்.

நான்கு நாளாக யாரோ ஒருவனிடம் மனதைத் திறந்து கொட்டியிருக்கிறாள். அருவருப்பில் உடம்பு கூசியது.

அலமாரிகளுக்குப் பின்னால் பக்கம் புரண்டது.

பைண்டருக்கும் கேட்டது. அவர் அவள் பக்கத்தில் வந்து நின்றுகொண்டார்.

அக்கா சிவப்பு மையை எடுத்து முப்பத்தொரு பதிவையும் ஒவ்வொன்றாக அடித்தாள். பக்கம் புரளும் வேகம் கூடியது. பிறகு பல புத்தகங்கள் ஒன்றாகப் புரள்வதுபோல் கேட்டது. அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை. மதியம் லாரி வந்தபோது அத்தனையையும் இருவருமே தூக்கிப் போய் ஏற்றினார்கள். அக்கா இரண்டு முறை எண்ணினாள். முப்பத்தொன்று. லாரி தெருமுனை திரும்பும்வரை நின்று பார்த்தாள்.

சாயங்கால வண்டியைப் பிடித்தாள். பையில் நான்கு புடவை, ஒரு போர்வை, அவ்வளவுதான்.

சனிக்கிழமை காலை கதவைத் திறந்த மகள் நம்பாமல் பார்த்தாள். பிறகு பெரிய வயிற்றோடு அவளைக் கட்டிக்கொண்டாள். "உடம்பு சரியில்லைன்ன?" "உன்னைப் பாத்ததும் சரியாயிடுச்சு" என்றாள் அக்கா. அது பொய்யில்லை. நான்கு நாள் தூங்காத தூக்கம் சேர்ந்து அமுக்க, சனிக்கிழமை பகல் முழுதும் அடித்துப்போட்டதுபோல் தூங்கினாள். ஞாயிற்றுக்கிழமை சமைத்தாள், துணி மடித்தாள், மகளின் காலைப் பிடித்துவிட்டாள். எந்தச் சத்தமும் இல்லை.

திங்கட்கிழமை மத்தியானம் மகள் கட்டிலில் சாய்ந்திருந்தாள். அவள் முகத்தில் அப்பா போனதிலிருந்து அக்கா பார்க்காத ஒரு தெளிச்சி இருந்தது.

"அம்மா, ஏன் எங்கிட்ட சொல்லல?"

"எதைடி?"

"உன் பையில இருந்த புத்தகத்தை, நீ தூங்கறப்பவே எடுத்துட்டேன்." தலையணைக்கு அடியிலிருந்து அதை இழுத்தாள். "இதுல கோடு போட்டிருக்கிறது அப்பாதானே? முதல்ல பழைய கோடுன்னு நினைச்சேன். அப்புறம் நானும் ஒண்ணு போட்டுப் பாத்தேன்மா. காலையில வேற பக்கத்துல பதில் இருக்கு. மூணு நாளா பேசிட்டிருக்கோம்."

லாரியில் எண்ணி ஏற்றிய முப்பத்தொன்றில் ஒன்று அது. அக்கா வாங்கிப் பிரித்தாள். அட்டை சுத்தமாக இருந்தது. மகளின் பேனாக்கோடு நீலத்தில் நேராக ஓடியது. 'எனக்குத் தனியாக இருக்கப் பயமாக இருக்கிறது. எப்போது வேண்டுமானாலும் வாருங்கள்.'

"அடுத்த பக்கம் பாரும்மா" என்று மகள் வயிற்றைத் தடவிக்கொண்டே சிரித்தாள். "குழந்தை பிறந்தா வருவீங்களான்னு கேக்கலாம்னு இருந்தேன். கேக்கிறதுக்கு முன்னாடியே சொல்லிட்டார்."

அக்கா பக்கத்தைத் திருப்பினாள். மகள் காட்டிய வரியின் கீழே நகம் காகிதத்தைக் கிழித்திருந்தது.

'உன் மகனாக வருகிறேன்.'